ஒரே நடிகையின் கையைப் பிடித்து பழைய பிரிட்டிஷ் படங்களுக்குள் நுழைவது எப்படி?

பழைய பிரிட்டிஷ் படம் பார்க்க ஆசை, ஆனால் எங்கே தொடங்குவது என்று தெரியவில்லையா? அதிகம் பேசப்படாத ஒரு நடிகையைத் தேர்ந்தெடுத்து, அவர் போன வழியிலேயே போங்கள். நான் பிடித்துக்கொண்டது கேத்லீன் பைரனை. 1921இல் லண்டனில் பிறந்தவர், 2009இல் காலமானார். ஒரு நோட்டும் பேனாவும் இருந்தால் போதும்.

படி 1: முதல் படத்தில் தொடங்காதீர்கள். நேராக 1947இல் வந்த 'பிளாக் நார்சிசஸ்' படத்துக்குப் போங்கள். இமயமலையில் ஒரு கன்னியர் மடம், அதில் மனம் தடுமாறும் சிஸ்டர் ரூத்தாக பைரன். (மலை, பள்ளத்தாக்கு எல்லாமே ஓவியமும் செட்டும்தான். படக்குழு இந்தியா பக்கமே வரவில்லை. பெரும்பகுதியை எடுத்தது இங்கிலாந்தின் பைன்வுட் ஸ்டுடியோவில்.)

படி 2: லிப்ஸ்டிக் காட்சியை இரண்டு முறை பாருங்கள். அங்கியைக் கழற்றிவிட்டு சிவப்பு உடையில் உட்கார்ந்திருக்கிறாள் ரூத். எதிரே மடத்தின் தலைவியாக நடிக்கும் டெபோரா கெர், கையில் பைபிள். ரூத் அவசரமே படாமல் உதட்டுக்குச் சாயம் பூசுகிறாள். அதுவரை வெளிறிய முகங்களையே பார்த்துப் பழகிய நமக்கு அந்தச் சிவப்பு திடுக்கென்று இருக்கும். இரண்டாவது முறை ஒலியை நிறுத்திவிடுங்கள். பைரன் கண்ணை எப்படி வைத்திருக்கிறார் என்பது அப்போதுதான் பிடிபடும். ஒளிப்பதிவாளர் ஜாக் கார்டிஃப் இந்தப் படத்துக்கு ஆஸ்கர் வாங்கியதும் சும்மா இல்லை.

படி 3: ஒரு வருடம் பின்னால் போங்கள். 1946இல் வந்த 'எ மேட்டர் ஆஃப் லைஃப் அண்ட் டெத்' படத்தில் பைரன் மேலுலகத்துத் தேவதை, அதுவும் சீருடையோடு. மேலுலகக் காட்சிகளில் வண்ணம் போய்விடும்; டிவியைத் தட்டாதீர்கள், படமே அப்படித்தான்.

படி 4: அப்புறம் 1949, 'தி ஸ்மால் பேக் ரூம்'. இதைத் தவறவிட வேண்டாம். 'பிளாக் நார்சிசஸ்' படத்தில் ரூத்தைத் தட்டிக்கழித்த அதே டேவிட் ஃபாரர், இங்கே குடியோடு மல்லுக்கட்டும் வெடிகுண்டு நிபுணர். அவரைத் தாங்கிப் பிடிக்கும் காதலி சூசன்தான் பைரன். கத்தலும் இல்லை, வெறித்த பார்வையும் இல்லை. என்னைக் கேட்டால், ரூத்தைவிடக் கடினமான வேடம் இதுதான். ஆனால் மக்கள் நினைவில் நின்றவள் ரூத். இப்படி ஒரே வேடம் எல்லாவற்றையும் மறைத்துவிட்டதே என்று எனக்கு ஆதங்கம் உண்டு.

படி 5: மீதியை வேகமாகப் பார்த்துவிடலாம். 1953இல் ஹாலிவுட்டின் 'யங் பெஸ்', 1971இல் திகில் படங்களுக்குப் பேர்போன ஹாமர் நிறுவனத்தின் 'ட்வின்ஸ் ஆஃப் ஈவில்', 1980இல் 'தி எலிஃபன்ட் மேன்'. வேடங்கள் சிறியவை. கண் சிமிட்டாமல் பாருங்கள்.

படி 6: கடைசியாக, நீங்கள் ஏற்கெனவே பார்த்திருக்கக்கூடிய படம்: 'சேவிங் பிரைவேட் ரயன்'. கல்லறைத் தோட்டத்தில் வயதான ரயனோடு வரும் மனைவி நினைவிருக்கிறதா? சரி, நோட்டை எடுத்து எழுதுங்கள்: 1998, திருமதி ரயன், கேத்லீன் பைரன்.