மிலிட்டரி இரும்புப் பெட்டியில் 36 மேகசின்: ஓசூர்ப் பனியிலும் துரு பிடிக்காமல் அடுக்கும் முறை

எங்கள் ரைஃபிள் கிளப்பில் .22 கேலிபர் (தோட்டாவின் விட்டம், அங்குலத்தில்) துப்பாக்கிகளுக்கான மேகசின்கள், அதாவது தோட்டாக்களை அடுக்கித் துப்பாக்கியில் செருகும் சிறு கூடுகள், மொத்தம் 36. எல்லாம் பத்துத் தோட்டா பிடிக்கும் இரும்பு மேகசின்கள். இரண்டு வருடம் முன்பு வரை அவை ஒரு துணிப்பையில் ஒன்றோடொன்று உரசிக்கொண்டு கிடந்தன. தோட்டா வெளியேறும் வாய் விளிம்பு நசுங்கும், எது தோட்டா சிக்குகிற மேகசின் எது நல்ல மேகசின் என்றே தெரியாது. பராமரிப்பு என் பொறுப்புக்கு வந்ததும் அவற்றை ரப்பர் வாஷர் வைத்த மிலிட்டரி இரும்புப் பெட்டிக்கு மாற்றினேன். முதல் தடவை செய்தது துருவில் முடிந்தது. இரண்டாவது தடவை செய்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

பெட்டி

நான் எடுத்தது அமெரிக்க ராணுவத்தில் .50 கேலிபர் தோட்டா அடைத்து வரும் எம்2ஏ1 ரகம். உள்ளளவு ஏறத்தாழ 28 செ.மீ நீளம், 14 அகலம், 18 உயரம். அதைவிடச் சிறியது எம்19ஏ1, அதாவது .30 கேலிபர் பெட்டி. தூக்க எளிது, ஆனால் உள் அகலம் 9 செ.மீ தான். இரண்டு வரிசைக்கு மேல் வராது. பத்து மேகசினுக்குள் வைத்திருப்பவர்கள் சிறியதை வாங்கலாம். மற்றவர்கள் பெரியதையே எடுங்கள்.

பழைய இரும்புக் கடையில் கிடைத்தால் விலை பாதிதான் வரும். மேலே துரு இருந்தால் பரவாயில்லை, உப்புத்தாள் போட்டுத் தேய்த்து, ரெட் ஆக்சைடு அடித்து, மேலே பெயின்ட் கொடுத்தால் போதும். மூடி உட்காரும் வாய் விளிம்பு நெளிந்திருந்தால் மட்டும் வாங்காதீர்கள். பெயின்ட் அடித்தபின் ஒரு வாரம் மூடியைத் திறந்தே வையுங்கள். அந்த வாடை முழுக்கப் போன பிறகுதான் உள்ளே எதையும் வைக்க வேண்டும்.

ரப்பர் வாஷர் சோதனை

மூடியின் உட்புறம் சுற்றிலும் ஓடும் ரப்பர்தான் இந்தப் பெட்டியின் உயிர். ஒரு துண்டுக் காகிதத்தை விளிம்பில் வைத்து மூடி, கொக்கியை அழுத்திப் பூட்டி, காகிதத்தை இழுத்துப் பாருங்கள். நான்கு பக்கமும் இப்படி. எங்காவது காகிதம் வழுக்கிக்கொண்டு வந்தால் அந்த இடத்தில் காற்று போகிறது. அப்புறம் உள்ளே ஒரு டிஷ்யூ தாளை வைத்து மூடி, பக்கெட் தண்ணீரில் பத்து நிமிடம் அழுத்திப் பிடியுங்கள். தாள் மொடமொடப்பாகவே இருந்தால் சரி.

ரப்பரைச் சோப்புத் தண்ணீரில் துடைத்தால் போதும். என்ஜின் ஆயில், வாசலின் எதையும் தடவாதீர்கள், சில ரப்பர் ஊதிப் போகும். தடவித்தான் ஆக வேண்டும் என்றால் சிலிகான் கிரீஸ் மட்டும்.

மேகசின்களைத் தயார் செய்தல்

ஒவ்வொன்றும் காலி என்பதைக் கண்ணாலும் பார்த்து, விரலாலும் அழுத்திப் பார்த்து உறுதி செய்யுங்கள். தோட்டாக்கள் இந்தப் பெட்டிக்குள் வரவே கூடாது, அவற்றுக்கு வேறு பெட்டி, வேறு பூட்டு.

.22 தோட்டாவின் ஈய முனையில் மெழுகுப் பூச்சு இருக்கும். அது மேகசின் வாயில் கறுப்புப் பிசுக்காக ஒட்டும். அடித்தட்டைக் கழற்றி, ஸ்பிரிங் எந்தப் பக்கம் பார்த்து உட்கார்ந்திருக்கிறது என்று போனில் படம் எடுத்துக்கொண்டு, உலர்ந்த துணியால் துடையுங்கள். ஈயம் என்பதால் முடித்ததும் சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள். எண்ணெய் உள்ளே வேண்டாம். வெளிப்பக்கம் மட்டும் ஒரு சொட்டைத் துணியில் விட்டு லேசாக ஒரு துடைப்பு.

எண்ணெய் தொடும் முன்பே 1 முதல் 36 வரை பெயின்ட் மார்க்கரால் அடித்தட்டின் ஓரத்தில் எண் எழுதிவிடுங்கள். பயிற்சியில் தோட்டா சிக்கினால் எந்த எண் என்று குறித்துக்கொள்ளலாம். எங்களிடம் 17ஆம் எண்ணும் 30ஆம் எண்ணும்தான் திரும்பத் திரும்பச் சிக்கின. ஸ்பிரிங் மாற்றியதும் சரியாகிவிட்டது. எண் இல்லாமல் இருந்திருந்தால் துப்பாக்கியைத்தான் குறை சொல்லிக்கொண்டு இருந்திருப்போம்.

அறை பிரித்தல்

பிள்ளைகள் பள்ளி புராஜெக்டுக்கு வாங்கும் சன்பேக் ஷீட் (உள்ளே வரிவரியாகப் பொந்து ஓடும் பிளாஸ்டிக் அட்டை), 3 மி.மீ தடிமன், ஸ்டேஷனரிக் கடையில் கிடைக்கும். மரம், பிளைவுட், அட்டை எல்லாவற்றையும்விட எனக்கு இதுதான் பிடிக்கும். ஏன் என்று அடுத்த பகுதியில் சொல்கிறேன்.

என் மேகசின் ஒன்றின் அளவு: உயரம் 9 செ.மீ, அகலம் 4, தடிமன் 1.5. உங்களுடையதை அளந்துகொள்ளுங்கள். வெட்ட வேண்டியவை:

நீளத் துண்டு 2. ஒவ்வொன்றும் 27.5 செ.மீ நீளம், 6 செ.மீ உயரம்.
குறுக்குத் துண்டு 11. ஒவ்வொன்றும் 13.5 செ.மீ நீளம், 6 செ.மீ உயரம்.

நீளத் துண்டில் 2.3 செ.மீக்கு ஒரு பிளவு, மேலிருந்து பாதி உயரம் வரை. குறுக்குத் துண்டில் 4.5 செ.மீக்கு ஒரு பிளவு, கீழிருந்து பாதி உயரம் வரை. பிளவின் அகலம் ஷீட்டின் தடிமன் அளவே. ஒன்றின் மேல் ஒன்றைச் செருகினால் 3 வரிசை, வரிசைக்கு 12 அறை, மொத்தம் 36. ஷீட்டின் உள்வரிகள் நீளவாக்கில் ஓடும்படி வெட்டுங்கள். குறுக்காக ஓடினால் துண்டு நடுவில் மடிந்துவிடும்.

மேகசினை அடித்தட்டு கீழே, வாய் மேலே என்று நிற்க வையுங்கள். வாய் விளிம்பு மெல்லியது, அதன் மேல் எடை விழக் கூடாது. அறை 6 செ.மீ, மேகசின் 9 செ.மீ என்பதால் 3 செ.மீ வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். இரண்டு விரலால் பிடித்து எடுக்க அந்த அளவு போதும். எல்லாம் ஒரே திசை பார்க்கட்டும். காலியான அறை எது என்று மூடியைத் திறந்ததும் ஒரே பார்வையில் தெரியும். பயிற்சி முடிந்து எண்ணும் வேலையே இல்லை.

ஈரம்: நான் தவறிய இடம்

முதல் தடவை அறை பிரிக்க ஸ்பாஞ்ச் வைத்தேன். கட்டரால் பள்ளம் வெட்டி, மேகசின் ஒவ்வொன்றும் கச்சிதமாக உட்காரும்படி செய்தேன். பார்க்க அவ்வளவு அழகு. ஜனவரி மாதம், ஓசூரில் காலை எட்டரைக்கும் எதிர்வீடு தெரியாத பனி. பயிற்சி முடிந்து மைதானத்திலேயே பெட்டியை மூடிக் கொண்டுவந்தேன். மூன்று வாரம் திறக்கவில்லை. திறந்தபோது 9 மேகசின்களில் மிளகு தூவியது போலப் பழுப்புப் புள்ளிகள். ஸ்பாஞ்ச் தொட்ட இடத்தில் மட்டும். ஸ்பாஞ்ச் படாத வாய்ப் பகுதி பளபளவென்று இருந்தது.

வாஷர்தான் ஒழுகுகிறது என்று நினைத்து அதை மாற்றினேன். மறுபடியும் அதே புள்ளிகள். அப்புறம்தான் உட்கார்ந்து கணக்குப் போட்டேன். 30 டிகிரியில் ஒரு கன மீட்டர் காற்று அதிகபட்சம் 30 கிராம் நீரைத் தாங்கும். இந்தப் பெட்டியின் கொள்ளளவு 7 லிட்டர். ஆக, உள்ளே இருக்கும் காற்று முழு ஈரமாக இருந்தாலும் அதில் உள்ள நீர் கால் கிராம்கூட வராது. சரி, அப்படியானால் ஈரம் எங்கிருந்து வந்தது? ஸ்பாஞ்சைச் சமையலறைத் தராசில் நிறுத்தேன். ஒரு நாள் முழுக்க மொட்டை மாடி வெயிலில் போட்டுவிட்டு மறுபடி நிறுத்தேன். 7 கிராம் குறைந்திருந்தது. காற்றில் இருப்பதைப்போல முப்பது மடங்கு நீர் அந்த ஸ்பாஞ்சுக்குள் ஒளிந்திருந்தது. காற்றுப் புகாத பெட்டி அதை வெளியே போகவிடாமல் பத்திரமாகக் காத்தது.

அதனால்தான் ஸ்பாஞ்ச், அட்டை, மரம், தோல், கனமான துணி எதுவும் இந்தப் பெட்டிக்குள் வேண்டாம் என்கிறேன். சன்பேக் ஷீட் நீரை உறிஞ்சாது. துருப் புள்ளிகளை எண்ணெய் தொட்ட பித்தளை பிரஷ்ஷால் தேய்த்து எடுத்தேன். இரண்டு மேகசினில் மட்டும் சிறு குழிகள் நின்றுவிட்டன.

மூடும் நேரம்

மைதானத்தில் மூடுவது வெறும் போக்குவரத்துக்கு. வீட்டுக்கு வந்ததும் திறந்து, மேகசின்களையும் அறைகளையும் தனியாக எடுத்து, பெட்டியைக் கவிழ்த்து வெயிலில் வையுங்கள். மதியம் பன்னிரண்டுக்கு மேல், எல்லாம் கைக்கு வெதுவெதுப்பாக இருக்கும்போது அடுக்கி மூடுங்கள். மழைக்காலத்தில் வெயில் இல்லையென்றால் மின்விசிறிக்கு அடியில் ஒரு இரவு.

மேலே மிஞ்சும் 9 செ.மீ உயரத்தில் ஈரத்தை உறிஞ்சும் சிலிக்கா ஜெல் மணிகள் 50 கிராம் கொண்ட பொட்டலம் ஒன்று. ஆரஞ்சு நிறம் பச்சையாக மாறும் ரகத்தையே வாங்குங்கள். நீலம் ரோஸாக மாறும் ரகத்தில் கோபால்ட் குளோரைடு இருக்கிறது, அது நஞ்சு, வீட்டில் வேண்டாம். நிறம் மாறியதும் மணிகளை மட்டும் ஒரு தட்டில் கொட்டி 120 டிகிரி ஓவனில் இரண்டு மூன்று மணி நேரம் சூடாக்கினால் பழைய நிறத்துக்கு வரும். பொட்டலத்தோடு வைத்தால் உறை உருகிவிடும். அந்தத் தட்டைச் சமையலுக்குத் திரும்ப எடுக்காதீர்கள். பொட்டலத்தில் தேதி எழுதுங்கள்.

ஓசூரில் முந்தின நாள் மதியம் மூடிய பெட்டியை மறுநாள் காலை தர்மபுரியில் திறக்கும்போது மூடி பிடித்துக்கொண்டு வராது, விளிம்பை நெம்பினால் ‘புஸ்’ என்று சத்தம் வரும். ஓசூரிலிருந்து அங்கே போக 400 மீட்டருக்கு மேல் இறங்குகிறோம், வெளியே காற்றழுத்தம் கூடிவிடுகிறது. அந்தச் சத்தம் கேட்டால் வாஷர் நன்றாக இருக்கிறது என்று அர்த்தம். நான் ஒவ்வொரு முறையும் காது கொடுத்துக் கேட்பேன்.

பூட்டு

1959 ஆயுதச் சட்டத்தில் ஆயுதம் என்ற சொல்லுக்குள் அதன் பாகங்களும் அடங்கும். காலி மேகசின்தானே என்று விட்டுவிடக் கூடாது. கொக்கியிலும் அதன் வளையத்திலும் ஒரு துளை போட்டுச் சிறு பூட்டு மாட்டினேன். துளை வெளியே இருப்பதால் காற்றுப் புகாத தன்மைக்கு ஒன்றும் ஆகாது. பெட்டி மொத்தமும் பூட்டிய இரும்பு பீரோவுக்குள் இருக்கிறது. சாவி வேறு இடத்தில்.

பிறகு சேர்த்தது

பென்னாகரத்திலிருந்து ஒருவர், இதே முறையில் அடுக்கியும் அடித்தட்டுகளில் துரு வந்தது என்று எழுதியிருந்தார். பேசிப் பார்த்ததில் பெட்டியைச் சிமெண்ட் தரையில் நேராக வைத்திருந்தார். இரவில் தரை குளிர, பெட்டியின் அடியும் குளிர்ந்து, உள்ளே இருக்கும் கொஞ்ச ஈரமும் அங்கேயே படிந்திருக்கிறது. இரண்டு ரீப்பர் கட்டைகளின் மேல் தூக்கி வைக்கச் சொன்னேன். இரண்டு மாதமாகப் புதுத் துரு இல்லை என்கிறார்.

ஓசூர் சிப்காட்டில் வேலை செய்யும் நண்பர் ஒருவர் விசிஐ உறை பற்றிச் சொன்னார். உதிரிபாகங்களை அனுப்பும்போது துரு வராமலிருக்கச் சுற்றும் மஞ்சள் நிற உறை அது. ஆறு மாதம் எடுக்காமல் வைக்கும் மேகசின்களுக்கு இப்போது அதைப் பயன்படுத்துகிறேன். வாரா வாரம் எடுப்பவற்றுக்குத் தேவையில்லை, திறந்து மூடும்போதே அந்த உறை வெளிவிடும் துரு தடுக்கும் ஆவி போய்விடும்.

பிளாஸ்டிக் மேகசின் வைத்திருப்பவர்களும் கேட்டிருந்தார்கள். அறை அளவு மட்டும் மாறும். ஆனால் ஸ்பிரிங் இரும்புதான், அதனால் ஈரம் பற்றிச் சொன்னது எல்லாம் அவர்களுக்கும் பொருந்தும். அடித்தட்டைக் கழற்றி ஸ்பிரிங்கையும் மாதம் ஒரு முறை பாருங்கள்.