திரியானாவில் ஒரு மாலை: கடை கடையாகத் தாபாஸ் சாப்பிடும் முறை

ஸ்பெயினின் செவியா நகரத்தில், குவாதல்கிவிர் ஆற்றின் மேற்குக் கரையில் இருக்கிற பேட்டை திரியானா. மாலுமிகளும் குயவர்களும் ஃபிளமெங்கோ பாடிய ஜிப்சிகளும் வாழ்ந்த இடம். இங்கே தாபாஸ் என்னும் சிறு தட்டுப் பதார்த்தங்கள் சாப்பிடுவதென்றால் ஒரே மேசையில் உட்கார்ந்து பத்துத் தட்டு வரவழைப்பது இல்லை. நின்றபடியே ஒரு தட்டு, ஒரு கிளாஸ். முடிந்ததும் அடுத்த கடை. முதல்முறை போகிறவர்களுக்கு மாலை கெடுவது பெரும்பாலும் இரண்டு காரணங்களால்தான்: சீக்கிரம் போய்விடுகிறார்கள், முதல் கடையிலேயே வயிற்றை நிரப்பிவிடுகிறார்கள்.

கடிகாரத்தை மாற்றிக்கொள்ளுங்கள்

செவியாக்காரர்கள் மத்தியானச் சாப்பாட்டுக்கே இரண்டரை மணிக்குத்தான் உட்காருவார்கள். கடைகள் நாலு, நாலரைக்கு அடுப்பை அணைத்தால் மறுபடி பற்றவைப்பது இரவு எட்டு, எட்டரைக்கு. ஆறரை மணிக்குப் பசியோடு போய் நின்றால் 'கொசீனா செர்ராதா' என்பார்கள், சமையலறை மூடியாயிற்று என்று அர்த்தம். அந்த நேரத்தில் வாசலில் ஆளை நிறுத்திக் கூப்பிடும் கடையும், பளபளக்கும் படங்களோடு மெனுப் பலகை வைத்திருக்கும் கடையும் திறந்திருக்கும். அங்கே வருவது பெரும்பாலும் மைக்ரோவேவில் சுட வைத்தது. தாண்டிப் போய்விடுங்கள்.

ஐந்தரை மணிவாக்கில் ஒரு காபி, கொஞ்சம் டோஸ்ட் சாப்பிட்டு வையுங்கள். ஊர்க்காரர்களும் அப்படித்தான் செய்கிறார்கள். ஏழரைக்குப் பாலத்தைக் கடந்து ஒரு மணி நேரம் சுற்றுங்கள். எட்டரைக்கு, கடைக்காரர் கவுண்டரைத் துடைத்து முடிக்கிற நேரத்தில், முதல் கடைக்குள் நுழையுங்கள். ஒன்பதரைக்கு மேல் நல்ல கடைகளில் முழங்கை ஊன்றக்கூட இடம் கிடைக்காது.

கிழமையும் முக்கியம். ஞாயிறு இரவும் திங்களும் பல கடைகள் பூட்டியிருக்கும். செவ்வாய் முதல் வியாழன் வரை நிம்மதி. ஆகஸ்டில் 40 டிகிரி வெயில் அடிக்கும், பாதிக் கடைக்காரர்கள் கடற்கரைக்குப் போயிருப்பார்கள். மார்ச் முதல் ஜூன் நடுவரை, பிறகு அக்டோபர், நவம்பர் நல்ல மாதங்கள். ஈஸ்டருக்கு முந்தைய பெரிய வியாழன் இரவில் திரியானாவின் எஸ்பெரான்சா மாதா பவனி புறப்படும். அன்று பேட்டையே அவள் பின்னால் போய்விடும், தெருக்களில் நகர முடியாது. ஜூலை கடைசியில் புனித அன்னாள் திருவிழா. ஆற்றுக்கு மேல் நீட்டிய வழுக்குமரத்தில் பையன்கள் கொடியைப் பிடிக்கப் போய்த் தண்ணீரில் விழுவதைப் பார்க்கலாம். ஆனால் அப்போது சாப்பாடு ஆற்றோரப் பந்தல்களில், இந்த வழிமுறை செல்லாது.

தட்டின் அளவு

கடைச் சுவரில் தொங்கும் பலகையில் ஒரே பதார்த்தத்துக்கு மூன்று விலை இருக்கும். 'தாபா' என்பது மூன்று நாலு வாய்க்கு வரும் சிறு தட்டு. 'மெதியா ராசியோன்' இரண்டு பேருக்கு. 'ராசியோன்' முழுத்தட்டு, மூன்று நாலு பேர் பகிரலாம். பலகையில் விரலை வைத்துக் காட்டினால் பெரிய தட்டு வந்து சேர வாய்ப்புண்டு. வாயைத் திறந்து 'உனா தாபா தெ' என்று சொல்லி, பிறகு பதார்த்தத்தின் பெயரைச் சொல்லுங்கள்.

வெளியே நடைபாதையில் போட்டிருக்கும் மேசைகளில் உட்கார்ந்தால் பல கடைகள் தாபா அளவே தராது, அரைத்தட்டும் முழுத்தட்டும் மட்டும்தான். தாபா வேண்டுமென்றால் கவுண்டர். கால் வலிக்கும் என்பது உண்மைதான், அதற்குத்தான் கடைக்குக் கடை நடை.

கிரனாதா நகரில் பீர் வாங்கினால் தாபா இலவசம். அந்தக் கதையைக் கேட்டுவிட்டு செவியாவில் எதிர்பார்க்காதீர்கள். இங்கே அதிகபட்சம் நாலு ஆலிவ் வரும். தாபா ஒன்று பொதுவாக 3 முதல் 5 யூரோ, சின்ன கிளாஸ் பீர் ஒன்றரை, இரண்டு யூரோ. இரண்டு பேர், நாலு கடை, கடைக்கு இரண்டு தாபா என்று வைத்தால் தலைக்கு 25 யூரோவில் முடியும். கேட்காமலே வரும் ரொட்டிக்கும் 'பிகோஸ்' என்ற மொறுமொறு குச்சிகளுக்கும் பில்லில் சில்லறை ஏறும். அது ஏமாற்று இல்லை, வழக்கம்.

பாலத்திலிருந்து தொடங்குங்கள்

ஊர்க்காரர்கள் திரியானா பாலம் என்று சொல்லும் இரும்புப் பாலத்தின் சரியான பெயர் இரண்டாம் இசபெல் பாலம், 1852-இல் முடிந்தது. அதற்கு முன் 1171 முதல் இங்கே இருந்தது சங்கிலியில் பிணைத்த படகுகளின் மேல் போட்ட பலகைப் பாலம். அக்கரை இறங்கியதும் வலப்பக்கம் ஒரு குட்டி மாதா கோயில். அதன் உருவத்தைப் பார்த்து 'சிகரெட் லைட்டர்' என்று பட்டப்பெயர் வைத்திருக்கிறார்கள். பக்கத்திலேயே திரியானா சந்தை. அதன் அடியில் 1481 முதல் மதவிசாரணை மன்றம் இயங்கிய சான் ஹோர்ஹே கோட்டையின் இடிபாடு. சந்தையின் மீன், காய்கறிக் கடைகள் மத்தியானம் மூன்று மணியோடு சரி. மாலைத் திட்டத்தில் அதைச் சேர்க்காதீர்கள்.

வழி இப்படி: பாலத்தடியில் அல்தோசானோ சதுக்கம், அங்கிருந்து காஸ்தியா தெரு வழியே வடக்கே போய், அல்ஃபரெரியா தெரு வழியே திரும்பி, சான் ஹசிந்தோ தெருவைக் குறுக்கே கடந்து, புரேசா தெரு, கடைசியில் ஆற்றோரப் பெத்திஸ் தெரு. அல்ஃபரெரியா என்றால் மட்பாண்டத் தொழில். சுவரில், படிக்கட்டில், கடைப் பலகையில் பதித்திருக்கும் ஓடுகளெல்லாம் இந்தப் பேட்டைக் களிமண்ணின் வாரிசுகள்.

முதல் நிறுத்தத்துக்குக் காஸ்தியா தெருவின் முனையில், 1880 முதல் இருக்கும் காசா குவெஸ்தா வசதி. எந்தக் கடையானாலும் முதல் தட்டு கீரையும் கொண்டைக்கடலையுமாக இருக்கட்டும், 'எஸ்பினாகாஸ் கொன் கர்பான்சோஸ்'. செவியாவின் சொந்தப் பதார்த்தம் இது. சின்ன மண்கிண்ணத்தில், ஓரத்தில் முக்கோணமாக வெட்டிப் பொரித்த ரொட்டியோடு வரும். பூண்டையும் ரொட்டித் துண்டையும் எண்ணெயில் பொரித்து, சீரகம், மிளகாய்ப்பொடி போலிருக்கும் காரமில்லாத பிமென்தோன், கொஞ்சம் வினிகர் சேர்த்து இடித்த விழுதுதான் கீரையைக் கடலையோடு கட்டிப்பிடிக்கிறது. மூக்கருகே கொண்டுபோனால் முதலில் சீரகம் அடிக்க வேண்டும். கிண்ணத்தின் ஓரத்தில் பச்சை நிறத் தண்ணீர் தனியே தேங்கி நின்றால் விழுதைக் குறைத்துவிட்டார்கள் என்று பொருள். அந்தக் கடையில் வேறு எதுவும் வாங்காமல் நகர்ந்துவிடலாம்.

அங்கிருந்து காஸ்தியா தெருவிலேயே சுமார் பத்து நிமிடம் நடந்தால் சோல் இ சோம்பிரா. காளைச்சண்டை அரங்கில் வெயில் பக்க இருக்கை, நிழல் பக்க இருக்கை என்று டிக்கெட் பிரிப்பார்கள், அந்தப் பெயர். சுவர் முழுக்கப் பழைய காளைச்சண்டைச் சுவரொட்டிகள். இப்படிப்பட்ட கடைகளில் கூரையிலிருந்து பன்றித் தொடைகள் தொங்கும். ஒவ்வொன்றின் நுனியிலும் குடை மாதிரி கவிழ்த்த ஒரு குட்டிப் பிளாஸ்டிக் கிண்ணத்தைப் பாருங்கள். கசியும் கொழுப்பு வாடிக்கையாளர் தலையில் சொட்டாமல் பிடிக்கத்தான் அது.

உப்பிட்டு உலர்த்திய இந்தத் தொடைக்கறிதான் ஹமோன். அதை வாங்குவதாக இருந்தால் தொடையில் கட்டிய பட்டையின் நிறத்தைக் கவனியுங்கள். 2014-இல் வந்த விதி இது. கறுப்பு என்றால் முழு இபேரிக்கோ பன்றி இனம், ஓக் கொட்டை மேய்ந்து வளர்ந்தது. சிவப்பு என்றால் கொட்டை மேய்ந்த கலப்பினம். பச்சை, மேய்ச்சலோடு தீவனமும். வெள்ளை, பண்ணைத் தீவனம் மட்டும். கறுப்புக்கு விலை கூடுதல், அதனால் சிறு தட்டே போதும். சீவல் கண்ணாடி போல மெலிசாக, கொழுப்பு மினுமினுக்க வர வேண்டும். கொழுப்பு வெள்ளையாக விறைத்திருந்தால் குளிர்பெட்டியிலிருந்து நேரே வந்தது. ஐந்து நிமிடம் பொறுத்தால் இளகும், ருசியும் அப்போதுதான் எழும்பும்.

மூன்றாவது, அந்தியானோ காம்போஸ் தெருவில் லாஸ் கொலொந்திரினாஸ். சிறிய இடம், அதனால்தான் நெரிசல். இங்கே எல்லோரும் கேட்பது இரண்டு: ரொட்டித் துண்டு மேல் வரும் பன்றியிறைச்சித் துண்டான 'புந்தா தெ சொலொமியோ', அப்புறம் கல்லில் வாட்டிய காளான். இரண்டையும் கேட்டு, சாப்பிட்டு, இடத்தை விட்டுவிடுங்கள். பின்னால் நிற்பவர் மூச்சு உங்கள் கழுத்தில் படும், அதுவே ஞாபகப்படுத்தும்.

நான்காவதை எண்ணெய்ச் சட்டிக்கு வையுங்கள். புரேசா தெருவில், பதின்மூன்றாம் நூற்றாண்டில் எழுந்த சாந்தா அனா தேவாலயத்தைச் சுற்றி இதற்கான கடைகள் உண்டு. 'அதோபோ' என்பது எலும்பில்லாத சுறாத் துண்டங்களை வினிகர், சீரகம், ஒரிகானோ, பூண்டில் ஊறவைத்து, மாவில் புரட்டிப் பொரித்தது. 'பாவியா' என்பது உப்புக்கண்டம் போட்ட காட் மீனை ஊறவைத்து உப்பெடுத்து, மாவுக்கரைசலில் தோய்த்துப் பொரித்தது. இரண்டுமே சட்டியிலிருந்து இறங்கி மூன்று நிமிடத்துக்குள் வாய்க்குப் போக வேண்டும். படம் எடுத்துக்கொண்டிருந்தால் மேல்மாவு தொளதொளத்துவிடும். கவுண்டர்க் கண்ணாடிக்குள் ஏற்கெனவே பொரித்து அடுக்கி வைத்திருந்தால் வேண்டாம்.

இன்னும் இடமிருந்தால் 'மொந்தாதீத்தோ தெ பிரிங்கா'. குழம்பில் வெந்த பன்றிக்கறி, சொரிசோ தொத்திறைச்சி, ரத்தத் தொத்திறைச்சி எல்லாவற்றையும் மசித்துச் சின்ன பன்னில் வைத்து அழுத்திச் சுட்டது. ருசி பிரமாதம், ஆனால் முதல் கடையில் இதைச் சாப்பிட்டவர் மூன்றாவது கடையைப் பார்ப்பதில்லை. ஏப்ரல் கடைசியிலிருந்து ஜூன் வரை கடை வாசலில் 'ஆய் கராகோலெஸ்' என்று எழுதித் தொங்கவிட்டிருப்பார்கள், நத்தை இருக்கிறது என்று. மூலிகைச் சாற்றோடு வரும், சாற்றையும் குடிக்க வேண்டும்.

சைவக்காரர்களும் பன்றி சாப்பிடாதவர்களும்

'வெஜிடேரியன்' என்ற ஒரு சொல் போதாது. பல கடைக்காரர்களின் கணக்கில் சூரை மீன் கறி இல்லை, ஹமோன் தூவுவது அலங்காரம். 'சின் கார்னே, சின் பெஸ்காதோ, சின் ஹமோன்' என்று மூன்றையும் தனித்தனியாகச் சொல்லுங்கள். தக்காளியும் ரொட்டியும் அரைத்த குளிர்ந்த 'சல்மொரேஹோ' சைவம்தான், ஆனால் மேலே ஹமோனும் முட்டையும் தூவித்தான் வரும். முன்கூட்டியே தடுக்க வேண்டும். வினிகர் போட்ட உருளைக்கிழங்கிலும், மயோனேஸ் சாலட்டிலும் சூரை மீன் ஒளிந்திருக்கும். உருளைக்கிழங்கு ஆம்லெட்டான 'தொர்த்தியா', கீரை கடலை, பாலாடைக்கட்டி, சுட்ட குடைமிளகாய், பொரித்த கத்தரிக்காய் ஆகியவை மற்றதைவிட நம்பகமானவை. சட்டி எண்ணெய் மீனுக்கும் கத்தரிக்காய்க்கும் ஒன்றாக இருக்கலாம், உறுத்தினால் கேட்டுவிடுங்கள். கோதுமை ஒத்துக்கொள்ளாதவர்கள் கீரை கடலையிலும் சல்மொரேஹோவிலும் ரொட்டி கரைந்திருப்பதை மறக்க வேண்டாம். செவியாவில் 'சொலொமியோ' என்றால் பெரும்பாலும் பன்றிதான்.

கிளாஸில் என்ன

பீர் சின்ன கிளாஸில், பனிக்குளிர்ச்சியாக. பெரிய கிளாஸ் கேட்டால் பாதி குடிப்பதற்குள் வெதுவெதுக்கும். பொரித்த மீனுக்கு, சான்லூக்கர் என்ற கடலோர ஊரிலிருந்து வரும் உப்புக்காற்று வாசனையுள்ள 'மன்சனியா' ஒயின். அதில் 15 சதவீதம் ஆல்கஹால், தண்ணீர் போல இறங்கும், ஜாக்கிரதை. இதே சொல் சாமந்தி வகைப் பூவின் தேநீரையும் குறிக்கும், ஒரு ஆலிவ் வகையையும் குறிக்கும். 'உனா கோப்பா தெ மன்சனியா' என்று ஒரு கிளாஸ் கேட்டால் ஒயின் வரும். பழம் போட்ட ஒயினான சங்ரியாவை விடுங்கள். ஊர்க்காரர்கள் சிவப்பு ஒயினில் எலுமிச்சை சோடா கலந்த 'தின்தோ தெ வெரானோ' குடிக்கிறார்கள்.

மது வேண்டாதவர்களுக்கு ஒரு எச்சரிக்கை: 'மோஸ்தோ' என்பது பாட்டிலில் வந்தால் திராட்சைச் சாறு. ஆனால் இலையுதிர் காலத்தில் செவியாப் பக்கம் புதிதாகப் புளித்த இளம் ஒயினுக்கும் அதே பெயர். 'சின் அல்கொஹோல்' என்று சேர்த்துக் கேளுங்கள். குழாய்த் தண்ணீர் இலவசமாகத் தரவேண்டும் என்று 2022 சட்டம் சொல்கிறது, 'அகுவா தெல் கிரீஃபோ' என்றால் கொண்டுவருவார்கள்.

காசு கொடுப்பது

ஒவ்வொரு கிளாஸுக்கும் பர்ஸைத் திறக்க வேண்டாம். கடைக்காரர் கணக்கு வைத்திருப்பார், சில பழைய கடைகளில் கவுண்டர் மரத்திலேயே சாக்பீஸால் எழுதுவார்கள். அதன்மேல் கையை வைத்துத் துடைத்துவிடாதீர்கள். கூட்டத்தில் கையை ஆட்டிக் கத்துவதைவிட, கண்ணைப் பிடித்து 'குவாந்தோ புயேதாஸ்' என்றால் போதும், உங்களுக்கு முடியும்போது என்று பொருள். புறப்படும்போது 'கே தே தேபோ', எவ்வளவு தர வேண்டும். டிப்ஸ் கட்டாயமில்லை, சில்லறையை விட்டுவிட்டுப் போகலாம். பத்து சதவீதம் வைத்தால் சந்தோஷப்படுவார்கள், எதிர்பார்க்க மாட்டார்கள்.

வழிகாட்டியோடு போவதா என்று கேட்டால், மொழி பயமோ ஒவ்வாமையோ இருந்தால் போகலாம். எட்டுப் பேருக்கு மேல் சேர்க்கிற குழு வேண்டாம். கவுண்டரில் இடம் கிடைக்காமல் உள்ளறை மேசையில் உட்கார வைத்துவிடுவார்கள், பார்க்க வந்ததே நழுவிவிடும்.

கடைசியாகப் பெத்திஸ் தெரு. இங்கே சாப்பிட வேண்டாம், காட்சிக்குத்தான் விலை வைத்திருக்கிறார்கள். ஆற்றைப் பார்த்த சுவர்மேல் சாய்ந்தால் எதிர்க்கரையில் விளக்கொளியில் தோரே தெல் ஓரோ கோபுரம். மெட்ரோ வார நாட்களில் இரவு பதினொன்றோடு நின்றுவிடும், வெள்ளி சனியில் இரண்டு மணிவரை ஓடும். அவசரம் இல்லையென்றால் வந்த பாலத்தின் வழியே நடங்கள், நகரின் நடுப்பகுதிக்குக் கால்மணி நேரம்தான்.