அலபாமாவுக்கு புதுசா வந்திருக்கீங்களா? அயர்ன் பௌல் வாரத்துக்கு முன்னாடி இத படிச்சிருங்க

வேலைக்கோ படிப்புக்கோ அலபாமா வந்து, எஸ்எஸ்என் (சோஷியல் செக்யூரிட்டி நம்பர்) வந்தாச்சு, லைசென்ஸ் எடுத்தாச்சு, வீட்டுக்கு இன்டர்நெட்டும் போட்டாச்சுன்னு ஒரு நிம்மதில இருப்பீங்க, அப்போ ஆபீஸ்ல ஒருத்தர் காபி மெஷின் பக்கத்துல நின்னு "நீங்க அலபாமாவா ஆபர்னா"ன்னு கேப்பார். எங்க படிச்சீங்கன்னு கேக்கறார்னு நினைச்சுட்டு அண்ணா யுனிவர்சிட்டி, பிஎஸ்ஜின்னு ஆரம்பிச்சுடாதீங்க. கேக்கற ஆளே பல தடவை அலபாமாலயும் ஆபர்ன்லயும் படிச்சிருக்க மாட்டார், அனேகமா அவங்க தாத்தாவும் படிச்சிருக்க மாட்டார். ஃபுட்பால்ல (நம்ம ஊர் கால்பந்து இல்ல, பந்த கையில புடிச்சு ஓடற அமெரிக்கன் ஃபுட்பால்) நீங்க யார் ஆளுங்கறதுதான் கேள்வி.

விஷயம் இதுதான். டஸ்கலூசால இருக்கற யுனிவர்சிட்டி ஆஃப் அலபாமா, ஆபர்ன்ல இருக்கற ஆபர்ன் யுனிவர்சிட்டி, ரெண்டும் ஒரே மாநிலத்து அரசு யுனிவர்சிட்டி, வருஷா வருஷம் நவம்பர் கடைசில வர்ற தேங்க்ஸ்கிவிங் வாரத்துல, பெரும்பாலும் சனிக்கிழமை, ரெண்டு டீமும் மோதிக்குவாங்க, அதுக்குப் பேர் அயர்ன் பௌல். இதுக்கு ஏன் இவ்ளோ வெறின்னா, இந்த மாநிலத்துல புரொஃபஷனல் ஃபுட்பால் (என்எஃப்எல்) டீம் கிடையாது, பாஸ்கெட்பால் (என்பிஏ) டீம் கிடையாது, மேஜர் லீக் பேஸ்பால் கிடையாது. மொத்த மாநிலத்தோட பாசமும் கோவமும் இந்த ரெண்டு காலேஜ் மேலதான் கொட்டுது. டஸ்கலூசா பிரையன்ட்-டென்னி ஸ்டேடியத்துல ஒரு லட்சம் பேர் உக்காரலாம், ஆபர்ன் ஜோர்டன்-ஹேர்ல 88 ஆயிரம் பேர், ரெண்டும் நிரம்பி வழியும்.

கலர்தான் முதல்ல மனசுல பதிய வைக்க வேண்டியது. அலபாமாவுக்கு கிரிம்சன், அதாவது அடர் சிவப்பு, கூட வெள்ளை. ஆபர்னுக்கு ஆரஞ்சும் நேவி ப்ளூவும். நம்ம ஊர்ல கரை வேட்டிய பாத்தே கட்சி கண்டுபிடிக்கற மாதிரிதான் இங்க சட்டை, தொப்பி, கார் பின்னாடி ஸ்டிக்கர் எல்லாம். அதனால அந்த வாரம் திங்கள்லேர்ந்து புதன் வரைக்கும் ஆபீசுக்கு என்ன கலர் போடறீங்கன்னு கொஞ்சம் கவனிச்சுக்கோங்க, சும்மா தீபாவளிக்கு எடுத்த ஆரஞ்சு குர்தாதானேன்னு போட்டுட்டுப் போனா பாதி பேர் கை குலுக்குவாங்க, மீதி பேர் நாள் பூரா கலாய்ப்பாங்க. வம்பே வேணாம்னா சாம்பல், பச்சை, கறுப்பு.

சரி, அந்தக் கேள்விக்கு என்ன பதில் சொல்றது? நிறைய பேர் "எனக்கு ரெண்டுமே பிடிக்கும்"னு நல்ல பிள்ளையா சொல்வாங்க, அதுதான் இருக்கறதுலயே மோசமான பதில், ரெண்டு தரப்பும் உங்கள நம்பாது. "இப்பதான் வந்திருக்கேன், இன்னும் முடிவு பண்ணல"ன்னா ஒரு சீசனுக்கு மன்னிப்பாங்க, அதுவும் சொன்ன உடனே ஆளாளுக்கு உங்கள தன் பக்கம் இழுக்க வருவாங்க, கேட்காமலே தொப்பி கிடைக்கும். என்னக் கேட்டா முதல் சீசன் முடியறதுக்குள்ள ஒண்ண எடுத்துக்கோங்க. ஃபுட்பால் பிடிக்குதா இல்லையாங்கறது வேற விஷயம். இங்க பக்கத்து வீட்டுக்காரர்கூட, பையனோட டீச்சர்கூட, கார் மெக்கானிக்கூட பேச்சு ஆரம்பிக்க இதவிட சுலபமான வழி கிடையாது, வருஷக்கணக்கா ஹாய் பைன்னு மட்டும் இருந்தவங்க இதுக்கப்புறம்தான் வீட்டுக்குள்ள கூப்பிடுவாங்க.

எப்படித் தேர்ந்தெடுக்கறது? டஸ்கலூசாலயோ ஆபர்ன்லயோ எம்எஸ் பண்றவங்களுக்கு சாய்ஸே இல்ல, சேர்ந்த அன்னிக்கே முடிவாயிருச்சு. ஹன்ட்ஸ்வில், பர்மிங்ஹாம், மான்ட்கோமரி பக்கம் இருக்கறவங்களுக்குத்தான் குழப்பம், அங்க எல்லா ஆபீஸ்லயும் ரெண்டு கூட்டமும் கலந்து இருக்கும். மேனேஜர் எந்த டீமோ அதே டீம்னு போறதெல்லாம் வேணாம், அப்பட்டமா தெரியும். அடிக்கடி ஜெயிக்கற டீம் வேணும்னா அலபாமா, மொத்தக் கணக்குலயும் அவங்கதான் முன்னாடி, நிக் சேபன் கோச்சா இருந்த 2007லேர்ந்து 2023 வரைக்கும் மட்டும் ஆறு தேசிய சாம்பியன்ஷிப். அடி வாங்கி அடி வாங்கி திடீர்னு ஒரு நாள் பெரிய தலைய சாய்க்கற டீம்மேல பாசம் வர்ற ஆளுன்னா ஆபர்ன். வீட்டுக்குள்ளயே புருஷன் ஒரு டீம் பொண்டாட்டி ஒரு டீம்னு ஆனாலும் கவலையில்ல, அதுக்குன்னே பாதி சிவப்பு பாதி நீலத்துல "ஹவுஸ் டிவைடட்"னு போர்டு விக்கறாங்க. குழந்தைங்கள நீங்க முடிவு பண்ண முடியாது, கிண்டர்கார்டன்லயே யாராவது ஒரு டீம் பக்கம் சேர்த்து விட்டுருவாங்க.

முடிவு பண்ணதும் கத்தக் கத்துக்கணும். அலபாமாக்காரங்க "ரோல் டைட்", ஆபர்ன்காரங்க "வார் ஈகிள்". வணக்கத்துக்கும் அதான், சரிங்கறதுக்கும் அதான், போயிட்டு வர்றேனுக்கும் அதான். ஆபர்ன் டீம் பேர் டைகர்ஸ், கத்தறது மட்டும் கழுகு பேர, இத ஏன்னு கேட்டா ஆளுக்கொரு கதை சொல்வாங்க, கேட்டுக்கோங்க. அங்க ஹோம் கேம் ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி நிஜக் கழுகையே ஸ்டேடியத்துக்கு மேல பறக்க விடுவாங்க, அது பாக்கவே அழகா இருக்கும். அலபாமாவோட சின்னம் யானை.

பழைய கதை கொஞ்சம் தெரிஞ்சா மதிப்பு கூடும். முதல் மேட்ச் 1893ல பர்மிங்ஹாம்ல, ஆபர்ன் ஜெயிச்சுது. 1907ல டிரா, அதுக்கப்புறம் பிளேயருக்கு தினப்படி எவ்ளோ, அம்பயர எங்கேர்ந்து கூட்டிட்டு வர்றதுன்னு சண்ட வந்து நிறுத்தினாங்க பாருங்க, 41 வருஷம் ஆடவே இல்ல! சட்டசபை தீர்மானம் போட்டு சொல்ற அளவுக்குப் போயி, 1948லதான் திரும்ப ஆரம்பிச்சாங்க, ரெண்டு காலேஜ் மாணவர் தலைவர்களும் பர்மிங்ஹாம் பார்க்ல ஒரு கோடாலிய புதைச்சு சமாதானம் பண்ணாங்க, அந்த மேட்ச்ல அலபாமா 55-0ன்னு வெளுத்துருச்சு, நல்ல சமாதானம். பர்மிங்ஹாம் இரும்பு உருக்கியே வளந்த ஊரு, அதான் அயர்ன் பௌல். 1948லேர்ந்து 1988 வரைக்கும் அங்க லீஜன் ஃபீல்ட் ஸ்டேடியத்துலதான் நடந்துச்சு, 1989ல முதல் தடவையா ஆபர்னுக்கு வந்துச்சு. இப்ப ஒற்றைப்படை வருஷம் ஆபர்ன்ல, இரட்டைப்படை வருஷம் டஸ்கலூசால.

ஒரே ஒரு மேட்ச் பத்தி மட்டும் தெரிஞ்சு வச்சுக்கணும்னா அது 2013. 28-28 சமம், டைம் முடிஞ்சுதுன்னு எல்லாரும் நினைக்க, அலபாமா கேட்டு ஒரு செகண்ட் திரும்ப வாங்குது. அந்த ஒரு செகண்ட்ல 57 கஜத்துலேர்ந்து ஃபீல்ட் கோல் (பந்த ரெண்டு கம்பத்துக்கு நடுவுல உதைக்கறது) அடிக்கப் பாக்கறாங்க, பந்து எட்டல, கம்பத்துக்குக் கீழ நின்ன ஆபர்ன் பிளேயர் கிறிஸ் டேவிஸ் அத புடிச்சு மைதானத்தோட இந்தக் கடைசிலேர்ந்து அந்தக் கடைசி வரைக்கும் ஓடி டச் டவுன், 34-28. வாங்கின ஒரு செகண்ட் அவங்களையே காலி பண்ணிருச்சு. "கிக் சிக்ஸ்"னு சொன்னா போதும், ஆபர்ன்காரர் அன்னிக்கு எங்க உக்காந்திருந்தார்னு அரை மணி நேரம் சொல்வார். அலபாமாக்காரர்கிட்ட இத எடுக்காதீங்க, அவர்கிட்ட 2023 கேளுங்க, நாலாவது டவுன், அதாவது கடைசி வாய்ப்பு, 31 கஜம் பாக்கி, ஒரு நிமிஷம்கூட இல்ல, ஜேலன் மில்ரோ தூக்கிப் போட ஐசையா பாண்ட் மூலைல புடிச்சு 27-24.

இதுக்கு ஒரு அசிங்கமான பக்கமும் இருக்கு. ஆபர்ன் ஜெயிச்சா அந்த ஊர் டூமர்ஸ் கார்னர்ங்கற முக்குல இருக்கற ஓக் மரங்கள் மேல டாய்லெட் பேப்பர் வீசி கொண்டாடுவாங்க (மரமே வெள்ளையா ஆயிரும்), 2010 மேட்ச்ல அலபாமா 24-0ன்னு முன்னாடி இருந்தும் ஆபர்ன் 28-27ல ஜெயிச்சுது, அந்தக் கடுப்புல ஒரு அலபாமா ரசிகர் அந்த மரங்களுக்கு விஷ மருந்து ஊத்திட்டு, ரேடியோ ஷோவுக்கு ஃபோன் பண்ணி பெருமையா வேற சொன்னார். ஜெயிலுக்குப் போனார், பழைய மரங்கள காப்பாத்த முடியல, 2013ல வெட்டிட்டாங்க, இப்ப இருக்கறது புதுசா வச்ச மரங்கள். பெரும்பாலானவங்க அப்படியில்ல, ஆனா குடிச்சுட்டு இருக்கற கூட்டத்துல எதிர் டீம் கலர்ல போய் நின்னு வாய் குடுக்காதீங்க, அவ்ளோதான்.

ஆட்டம் புரியறதுக்கு: நாலு வாய்ப்புல பத்து கஜம் முன்னேறணும், முன்னேறினா மறுபடி நாலு வாய்ப்பு. டச் டவுனுக்கு 6, அப்புறம் உதைச்சா கூட 1, ஃபீல்ட் கோலுக்கு 3. மீதிய பக்கத்துல இருக்கறவர் சொல்லுவார், கேட்டா சந்தோஷப்படுவாங்க. ஆட்ட நேரம் 60 நிமிஷம்தான், ஆனா முடிய மூணரை மணி நேரம் ஆகும்.

முதல் வருஷமே அயர்ன் பௌல் டிக்கெட் வாங்கணும்னு அலையாதீங்க. ரீசேல்ல கொள்ளை விலை, ஹோட்டல்ல ரெண்டு நாளாவது புக் பண்ணுன்னுவாங்க, பார்க்கிங்குக்கு தனி அழுகை. ஸ்டேடியம் பாக்கணும்னா செப்டம்பர்ல சின்ன டீம்கூட ஆடற மேட்சுக்கு குடும்பத்தோட போங்க, அதே பேண்ட் வாத்தியம், அதே கூட்டம், டிக்கெட் மட்டும் சல்லிசு. பை கொண்டு போறதா இருந்தா கண்ணாடி மாதிரி தெரியற பைதான், 12க்கு 6க்கு 12 இன்ச், புளியோதரை டப்பாவெல்லாம் உள்ள விட மாட்டாங்க. பெஞ்ச்ல முதுகு சாய இடம் இருக்காது, அதுவும் பாதி நேரம் எல்லாரும் நின்னுட்டுத்தான் இருப்பாங்க. நவம்பர் கடைசில பகல்ல டி-ஷர்ட் போதும், ராத்திரி மேட்ச்னா ஜாக்கெட் இல்லாம நடுங்கிருவீங்க.

அயர்ன் பௌல் அன்னிக்கு யாராவது வீட்டுக்கோ டெயில்கேட்டுக்கோ (ஸ்டேடியம் பக்கத்துல கார் நிறுத்திட்டு சாப்பிட்டுக் கொண்டாடறது) கூப்பிட்டா கண்டிப்பா போங்க. சும்மா கை வீசிட்டு போகாதீங்க, சமோசா ஒரு டிரே கொண்டு போனா முதல்ல காலியாகறது அதுவாத்தான் இருக்கும், மசால் வடையும் அப்படித்தான். சைவம்னா முன்னாடியே சொல்லிருங்க, இங்க பீன்ஸ்ல பேக்கன் இருக்கும், கீரைல பன்னிக்கறி இருக்கும், பாத்தா தெரியாது. பிமென்டோ சீஸ் (காரமில்லாத சிவப்பு மிளகா கலந்த சீஸ்), மேக் அண்ட் சீஸ், சிப்ஸ் வச்சு ஓட்டலாம். தோலோட உப்புப் போட்டு வேகவச்ச கடலை கிடைக்கும், நம்ம வீட்டு வேர்க்கடலையேதான், விடாதீங்க.

இது எதுவுமே வேணாம்னு நினைக்கறவங்களுக்கு அந்த சனிக்கிழமை பொக்கிஷம். மேட்ச் நேரத்துல வால்மார்ட், பப்ளிக்ஸ் எல்லாம் காலியா கிடக்கும், பில்லிங்ல நிக்கவே வேணாம். ரோடு மட்டும் உஷார். மான்ட்கோமரிலேர்ந்து அட்லாண்டாவுக்கு மளிகை வாங்கப் போறவங்க ஐ-85ல ஆபர்ன் எக்சிட்டத் தாண்டணும், ஒற்றைப்படை வருஷத்துல மேட்ச் ஆரம்பிக்கறதுக்கு முன்னாடியும் முடிஞ்ச பின்னாடியும் அந்தப் பக்கம் போகாதீங்க. இரட்டைப்படை வருஷம் டஸ்கலூசா பக்கம் ஐ-20/59ம் அதே கதைதான்.

திங்கக்கிழமை ஆபீஸ் போறதுக்கு முன்னாடி ஸ்கோர் மட்டும் பாத்துட்டுப் போங்க. தோத்த டீம் ஆளுங்ககிட்ட அவங்களா எடுக்கற வரைக்கும் பேச்ச எடுக்காதீங்க. மேனேஜர் டீம் தோத்திருந்தா, டிசம்பர் இந்தியா டிரிப்புக்கு லீவு கேக்கறத செவ்வாய்க்கிழமைக்குத் தள்ளிப் போடுங்க.