ஃப்ரோசன் மீன் சந்தை எப்படிப் போகுதுன்னு நீங்களே கணக்கு போட்டுப் பார்க்கறது எப்படி

ஏதோ ஒரு நாட்டோட ஃப்ரோசன் மீன் சந்தை எப்படி இருக்குன்னு நெட்ல தேடினீங்கன்னா முதல்ல வந்து நிக்கறது காசு கொடுத்து வாங்கற ரிப்போர்ட்டோட விளம்பரம்தான். "சந்தை மதிப்பு இத்தனை பில்லியன் டாலர், வருஷா வருஷம் இத்தனை சதவீதம் வளரும்"னு ஒரு வரி இருக்கும், ஆனா எந்த மீனு, முழு மீனா வெட்டினதா, இறாலையும் சேர்த்துட்டாங்களா, விலை ஏறினதையே வளர்ச்சின்னு சொல்றாங்களா, அதெல்லாம் எங்கயும் இருக்காது. அந்த ஒரு வரியை அப்படியே தூக்கி பிசினஸ் பிளான்ல ஒட்டறவங்க நிறைய பேர் இருக்காங்க. இலவசமா கிடைக்கற டேட்டாவை வச்சு ஒரு சனி ஞாயிறு உக்காந்தா அதைவிட உருப்படியான ஒண்ணை நீங்களே பண்ணிடலாம், எக்செல் தெரிஞ்சா போதும். ஒரே ஒரு விஷயத்தை மட்டும் கடைசி வரைக்கும் விடாதீங்க: டன்னை முதல்ல பாருங்க, பணத்தை அப்புறமா பாருங்க. பணம் பல காரணத்துக்காக ஏறி இறங்கும், டன் அவ்வளவு சீக்கிரம் பொய் சொல்லாது (சொல்லும், ஆனா எங்க சொல்லுதுன்னு கண்டுபிடிச்சுடலாம், கீழ வருது).

முதல் வேலை எச்.எஸ். கோடு. உலகம் முழுக்க கஸ்டம்ஸ்ல சரக்கை அடையாளம் சொல்ற நம்பர் இது, முதல் ஆறு இலக்கம் எல்லா நாட்டுக்கும் பொது, அதுக்கு மேல ஒவ்வொரு நாடும் தன் இஷ்டத்துக்கு நீட்டிக்கும். 0302னா ஃப்ரெஷ் மீன், 0303னா உறைய வச்ச மீன் ஆனா பிலெட் (முள் நீக்கி வெட்டின சதைத் துண்டு) இல்லாதது, 0304ல பிலெட்டும் மத்த மீன் சதையும் வரும். மாட்டிக்கற இடம் இங்கதான், 0304ல ஃப்ரெஷ் பிலெட்டும் ஃப்ரோசன் பிலெட்டும் கலந்தே கிடக்கும், அதனால நாலு இலக்கத்தோட நிறுத்தாம ஆறு இலக்கம் வரைக்கும் இறங்கணும். உறைய வச்ச பிலெட் 0304.61ல ஆரம்பிச்சு 0304.89 வரைக்கும் ஓடும், உறைய வச்ச மத்த சதை 0304.91லேர்ந்து. இறால் நண்டு 0306, கணவாய் வகையறா 0307, இதுலயும் உயிரோட இருக்கறது, ஃப்ரெஷ், ஃப்ரோசன் எல்லாம் ஒண்ணா இருக்கும், ஆறு இலக்கத்துலதான் பிரியும். இன்னொண்ணு, பிரெட் தூள் தடவின மீன் ஃபிங்கர் கடையில ஃப்ரீசர்லதான் கிடக்குது, ஆனா கஸ்டம்ஸ் கணக்குல அது 1604, டின் மீனோட சேர்ந்து உக்காந்திருக்கும். அதனால "ஃப்ரோசன் மீன் சந்தை"ன்னா என்னென்ன கோடுன்னு முதல்லயே ஒரு பேப்பர்ல எழுதி வச்சுக்கோங்க, நடுவுல மாத்தாதீங்க.

கோடு தப்பா எடுத்தா நாடே தலைகீழா தெரியும். தாய்லாந்தை எடுத்துக்கோங்க, 0303 மட்டும் பார்த்தா ஸ்கிப்ஜாக் சூரையை டன் டன்னா இறக்குமதி பண்ற நாடு, ஐயோ மீனுக்கு இவ்வளவு தட்டுப்பாடான்னு தோணும், ஆனா அந்தச் சூரை எல்லாம் கேனரிக்கு, அதாவது மீனை டின்ல அடைக்கற ஆலைக்குப் போய் 1604 கோடுல டின்னா வெளிய போகுது, அந்த விஷயத்துல உலகத்துலயே பெரிய ஏற்றுமதி நாடுகள்ல அது ஒண்ணு. நார்வே இதுக்கு நேர் எதிர், சால்மன்ல அவங்கதான் பெரிய ஆளு, ஆனா பெரும்பகுதி ஐஸ்ல ஃப்ரெஷ்ஷா 0302ல போயிடுது, ஃப்ரோசன் கோடை மட்டும் பார்த்தா அந்த நாட்டோட சால்மன் வியாபாரத்துல ஒரு மூலைதான் கண்ணுல படும்.

டேட்டா எங்க எடுக்கறதுன்னா, யுஎன் காம்ட்ரேட் இலவசம், ஐ.நா.வோட உணவு விவசாய அமைப்பான எஃப்.ஏ.ஓ. தர்ற ஃபிஷ்ஸ்டாட் இலவசம், ஐரோப்பான்னா அவங்களோட மீன் சந்தை தகவல் தளமான யூமோஃபா இருக்கு. உள்நாட்டு உற்பத்திக்கு ஃபிஷ்ஸ்டாட், ஏற்றுமதி இறக்குமதிக்கு காம்ட்ரேட், இப்படிப் பிரிச்சுக்கோங்க. மாச டேட்டா கிடைச்சா மாச டேட்டாவே எடுங்க, வருஷக் கணக்குல சீசன் எல்லாம் மறைஞ்சுடும். குறைஞ்சது பத்து வருஷம் எடுங்க, ஆனா 2012ங்கற வருஷத்தை மட்டும் சிவப்பு கலர்ல மார்க் பண்ணிக்கோங்க. அந்த வருஷ எச்.எஸ். திருத்தத்துலதான் மீன் கோடுகளை பெருசா உடைச்சாங்க, அதுவரைக்கும் "இதர பிலெட்"டுங்கற மூட்டைக்குள்ள கிடந்த திலாப்பியாவுக்கும் பாசாங்கற கெளுத்தி வகை மீனுக்கும் அப்பதான் தனி நம்பர் வந்துச்சு. அது தெரியாம கிராஃப் போட்டா 2012ல ஒரு மீன் திடீர்னு பிறந்து வளர்ந்த மாதிரி இருக்கும், "இதர" வகை மட்டும் தொபுக்கடீர்னு விழுந்திருக்கும். 2017, 2022லயும் திருத்தம் வந்துச்சு, அதையும் பார்த்துக்கோங்க.

அடுத்தது எடை, நான் அதிகமா சண்டை போடற இடம் இது. ஒரு டன் பிலெட்டும் ஒரு டன் முழு மீனும் ஒண்ணு கிடையாது. பாசா, திலாப்பியா மாதிரி மீன்ல தோல் முள் எல்லாம் எடுத்த பிலெட் முழு மீன் எடையில மூணுல ஒரு பங்குதான் தேறும். கற்பனையா ஒரு நாடு வச்சுப்போம், உள்ளூர்ல 1 லட்சம் டன் பிடிக்குது, 40 ஆயிரம் டன் பிலெட் இறக்குமதி, 30 ஆயிரம் டன் முழு மீன் ஏற்றுமதி. நேரா கூட்டிக் கழிச்சா 1 லட்சத்து 10 ஆயிரம் டன் உள்ள நிக்குது. பிலெட்டை மூணால பெருக்கி உயிர் எடைக்கு (வெட்டறதுக்கு முன்னாடி முழு மீனோட எடைக்கு) மாத்தினா அதே 40 ஆயிரம் 1 லட்சத்து 20 ஆயிரம் ஆயிடும், மொத்தம் 1 லட்சத்து 90 ஆயிரம். ஒரே நாடு, ஒரே வருஷம், பதில் மட்டும் இவ்வளவு தள்ளி நிக்குது. மக்கள் எவ்வளவு மீன் சாப்பிடறாங்க, இறக்குமதியை எவ்வளவு நம்பி இருக்காங்கன்னு பேசறப்ப உயிர் எடை வேணும், கோல்ட் ஸ்டோரேஜ் எவ்வளவு இடம் வேணும், கன்டெய்னர் எத்தனைன்னு பேசறப்ப சரக்கு எடை போதும். ரெண்டையும் ஒரே டேபிள்ல கலக்காதீங்க ப்ளீஸ். மீனுக்கு மீன் பெருக்கல் எண் மாறும், தலை குடல் எடுத்ததுக்கு ஒண்ணு, பிலெட்டுக்கு ஒண்ணு, எல்லாத்துக்கும் மூணுன்னு போட்டுட்டு என்னைத் திட்டாதீங்க.

எடைக்குள்ளயே இன்னொரு எடை ஒளிஞ்சிருக்கு, கிளேஸிங். உறைய வச்ச மீன் காஞ்சு போகாம இருக்க மேல மெல்லிசா ஐஸ் பூச்சு கொடுப்பாங்க, அது நியாயமான டெக்னிக்தான், ஆனா பூச்சு தடிக்க தடிக்க தண்ணியும் மீன் விலைக்கு விக்குது. ஒரு கிலோ பாக்கெட்ல 20 சதவீதம் கிளேஸ்னா மீன் 800 கிராம்தான், அப்ப மீனோட உண்மையான கிலோ விலை நீங்க கொடுத்ததைவிட 25 சதவீதம் ஜாஸ்தி. ஃப்ரோசன் பிலெட்டுக்கான கோடெக்ஸ் (சர்வதேச உணவுத் தர விதிகள்) தரம் நிகர எடையை ஐஸ் கழிச்சுத்தான் சொல்லணும்ங்குது. ஏதோ ஒரு நாட்டுக்கு மட்டும் ஏற்றுமதி விலை சந்தேகப்படற மாதிரி கம்மியா இருந்தா, அங்க மீன் சல்லிசா போகுதுன்னு முடிவு கட்டறதுக்கு முன்னாடி கிளேஸ் எவ்வளவு, ஈரம் பிடிக்க பாஸ்பேட் போட்டதான்னு வியாபாரிகிட்ட கேளுங்க.

இப்ப பணத்துக்கு வாங்க. மதிப்பை எடையால வகுத்தா கிலோவுக்கு இவ்வளவுன்னு ஒண்ணு வரும், அதை விலைன்னு எல்லாரும் சொல்றாங்க, ஆனா அது விலை இல்ல, சராசரி. ஒரே மஞ்சத்துடுப்பு சூரை, ஒரே 0303.42 கோடு, ஆனா மைனஸ் 60 டிகிரியில வச்சு சஷிமிக்கு (மீனைப் பச்சையா சாப்பிடற ஜப்பான் உணவு) போற சரக்கும், உப்புத்தண்ணியில உறைய வச்சு கேனரிக்குப் போற சரக்கும் அந்த ஒரே வரிக்குள்ளதான் இருக்கு, ரெண்டோட விலையும் கிட்டக்கூட வராது. ஒரு வருஷம் சஷிமி சரக்கு கொஞ்சம் கூடுதலா வந்தா போதும், சராசரி ஏறிடும், யாரும் விலையே ஏத்தியிருக்க மாட்டாங்க. அதனால சராசரி நகர்ந்தா எந்த நாட்டுலேர்ந்து வந்த சரக்குன்னு பிரிச்சுப் போட்டு மறுபடி பாருங்க, நாடு வாரியா எல்லாமே ஏறியிருந்தாதான் விலை ஏறிச்சுன்னு அர்த்தம். டாலர்லயும் உள்ளூர் பணத்துலயும் ரெண்டு கிராஃபா போடுங்க. நைஜீரியா உறைய வச்ச கானாங்கெளுத்தி, ஹெர்ரிங் மாதிரி மலிவு மீனை நிறைய இறக்குமதி பண்ற நாடு, 2023 ஜூன்ல தன்னோட பணமான நைராவை சந்தை விலைக்கு விட்டதுல அது மளமளன்னு சரிஞ்சுது, அப்ப டாலர் விலை அசையாம நின்னாக்கூட வாங்கறவங்க கையில விலை எகிறத்தான் செய்யும். டாலர் கிராஃபை மட்டும் வச்சிருக்கறவனுக்கு டன் ஏன் குறையுதுன்னே புரியாது.

சரி, டன் எங்க பொய் சொல்லுதுன்னு கேட்டீங்கல்ல. அனுப்பின நாடு சொல்ற ஏற்றுமதியும் வாங்கின நாடு சொல்ற இறக்குமதியும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் பாருங்க, கண்ணாடி டேட்டான்னு சொல்லுவாங்க. மதிப்பு ஒத்துப் போகாது, அது இயல்பு, ஏன்னா ஏற்றுமதி எஃப்.ஓ.பி.ல எழுதறாங்க, அதாவது கப்பல்ல ஏத்தற வரைக்குமான மதிப்பு, இறக்குமதி சி.ஐ.எஃப்.ல, அதாவது கப்பல் கூலியும் இன்சூரன்ஸும் சேர்த்து. டிசம்பர்ல கிளம்பின கப்பல் ஜனவரியில சேரும், அந்த வித்தியாசமும் இருக்கும். டன் கணக்கே பாதிக்குப் பாதி இடிச்சுதுன்னாதான் கவனிக்கணும்: நடுவுல ஏதோ துறைமுகம் வழியா மறு ஏற்றுமதி ஆகுது, இல்ல கோடு மாத்தி எழுதறாங்க, இல்ல அந்த எடையே காம்ட்ரேட் தானா மதிப்பிட்டுப் போட்டது (அதுக்கு அவங்களே ஒரு அடையாளம் வச்சிருப்பாங்க, டவுன்லோட் பண்றப்ப அந்த நெடுவரிசையை டெலீட் பண்ணிடாதீங்க).

சீனாவை இதே கண்ணோட பார்க்கணும். ரஷ்யாவோட பொல்லாக் (ஒரு வெள்ளைச்சதை கடல் மீன்) மாதிரி மீன் தலை குடல் எடுத்து உறைஞ்சு அங்க போகும், அங்க உருக்கி பிலெட் போட்டு மறுபடி உறைய வச்சு ஐரோப்பா அமெரிக்கான்னு கிளம்பிடும். அந்த டன் சீனாவோட இறக்குமதியிலயும் இருக்கு, ஏற்றுமதியிலயும் இருக்கு, அந்த ஊர்க்காரங்க தட்டுக்கு வந்ததே இல்ல. 2022 மார்ச்ல அமெரிக்கா ரஷ்ய மீனைத் தடை பண்ணினப்பகூட இந்த வழி திறந்தேதான் இருந்துச்சு, ஏன்னா வேற நாட்டுல பிலெட் போட்டா பிறப்பிடமே மாறிடுதுன்னு விதி, 2023 டிசம்பர்லதான் அதையும் அடைச்சாங்க. அதனால எக்செல்ல டன், விலை பக்கத்துலயே "என்ன நடந்துச்சு"ன்னு ஒரு நெடுவரிசை வச்சு தேதியோட எழுதிக்கிட்டே வாங்க. தடை, வரி, கரன்சி, புயல், எல்லாம் அதுல. 2023 ஆகஸ்ட்ல ஜப்பான் கடல் உணவை சீனா நிறுத்தினது, 2021ல கன்டெய்னர் கூலி எகிறினது, இதெல்லாம் அந்த நெடுவரிசையில இல்லாம கிராஃபோட மேடு பள்ளத்துக்கு காரணம் தேடினா கதைதான் விட முடியும்.

அடுத்து என்ன ஆகும்னு சொல்ல ஆசைப்படறவங்களுக்கு: சதவீதத்தை நீட்டிக்கிட்டே போகாதீங்க, சப்ளையைப் பாருங்க. கடல் மீன்னா கோட்டா, அதாவது ஒரு வருஷத்துக்கு இவ்வளவுதான் பிடிக்கலாம்ங்கற வரம்பு. நார்வே, ரஷ்யாவுக்கு வடக்க இருக்கற பேரன்ட்ஸ் கடல் கோட் மீனுக்கு 2021ல 8 லட்சத்து 85 ஆயிரம் டன்னுக்கு மேல கோட்டா இருந்துச்சு, 2025க்கு 3 லட்சத்து 40 ஆயிரம் டன். அந்த முடிவு வருஷம் பிறக்கறதுக்கு முன்னாடியே அறிவிச்சதுதான், ரகசியமே இல்ல, கோட் விலை ஏறும், வாங்கறவங்க வேற வெள்ளைச்சதை மீன் பக்கம் ஓடுவாங்கன்னு அப்பவே சொல்லியிருக்கலாம். வளர்ப்பு மீன்னா தீவனம். பெருவுல நெத்திலி வகை மீனைத்தான் அரைச்சு மீன்தூள் பண்றாங்க, 2023ல எல் நினோ (பசிபிக் கடல் வழக்கத்தைவிட சூடாகறது) வந்து முதல் சீசனையே ரத்து பண்ணினாங்க, மீன்தூள் விலை ஏறுச்சு, அந்த விலையேத்தம் தீவனம் வழியா பண்ணைக்கு வந்து சேர சில மாசம் ஆகும், அந்த இடைவெளிதான் உங்களுக்குக் கிடைக்கற அவகாசம். இதுல வளர்ப்பு பக்கத்துக்கு கொஞ்சம் கூடுதலா நேரம் ஒதுக்குங்க, எஃப்.ஏ.ஓ. கணக்குப்படி 2022ல மீன், இறால், சிப்பி எல்லாம் சேர்ந்த உற்பத்தியில வளர்ப்பு 51 சதவீதம், பிடிக்கறதை முதல்முறையா தாண்டிடுச்சு.

கோல்ட் ஸ்டோரேஜ்ல எவ்வளவு சரக்கு கிடக்குன்னு வெளியிடற நாடு கம்மி, உங்க நாடு வெளியிட்டா அதிர்ஷ்டம், இறக்குமதி ஏறியும் விலை இறங்கலைன்னா பதில் பெரும்பாலும் அங்கதான் இருக்கும். வெளியிடலைன்னா ஏஜென்ட் ரெண்டு பேருக்கு போன் போடுங்க, "குடோன் ஃபுல்லா"ன்னு ஒரு கேள்வி போதும், அதிகமா கேட்டா சொல்ல மாட்டாங்க.

கடைசி மூணு நாலு மாச டேட்டா எப்பவும் முழுசா வந்திருக்காது, பின்னாடி திருத்துவாங்க, அதனால கிராஃப்ல அந்தப் பகுதியை புள்ளிக்கோடா போட்டு டவுன்லோட் பண்ணின தேதியை ஓரத்துல எழுதிடுங்க. ஆறு மாசம் கழிச்சு அதே ஃபைலை மறுபடி இறக்கி பழைய நம்பரோட வச்சுப் பார்த்தீங்கன்னா, அந்த நாடு வழக்கமா எவ்வளவு திருத்துதுன்னு தெரிஞ்சுடும், அடுத்த தடவை கடைசி மாச நம்பரை எவ்வளவு நம்பலாம்னு யார்கிட்டயும் கேக்க வேண்டியிருக்காது.