மைன்கிராஃப்டில் கவசம்: பொருள் சேர்க்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

புதிதாக மைன்கிராஃப்ட் ஆடத் தொடங்கிய சிலருடன் கடந்த சில வாரங்களாக ஒரே உலகில் ஆடி வருகிறேன். அவர்கள் கவசத்துக்குப் பொருள் சேர்க்கும் விதத்தைப் பார்க்கும்போதெல்லாம், பல ஆண்டுகளுக்கு முன் நான் செய்த பிழைகள் அதே வரிசையில் மீண்டும் கண்முன் நடக்கின்றன. நின்ற இடத்திலேயே நேர் கீழாகத் தோண்டி இறங்குவது, தீப்பந்தம் இல்லாமல் குகைக்குள் நுழைவது, வைரத் தாதுவைக் கல் பிக்காக்ஸால் உடைத்து ஒன்றும் கிடைக்காமல் நிற்பது போன்றவற்றைப் பற்றி இங்கே எழுதப் போவதில்லை; அவை ஒருமுறை பட்டாலே எவருக்கும் புரிந்துவிடும். பட்ட பிறகும் பிழை என்றே தெரியாமல் தொடர்பவற்றைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

எண்ணிக்கை தெரியாமல் சுரங்கத்துக்குள் இறங்குவது

முழுக் கவசத்துக்கு 24 கட்டிகள் வேண்டும்: தலைக்கவசத்துக்கு 5, மார்புக்கவசத்துக்கு 8, கால்கவசத்துக்கு 7, பூட்ஸுக்கு 4. இரும்பு, தங்கம், வைரம் எதுவானாலும் இந்தக் கணக்கு மாறாது. இரும்பில் இதற்கு மேல் வாளிக்கு 3, கேடயத்துக்கு 1, பிக்காக்ஸுக்கு 3 என்று சேர்த்தால் 31 ஆகிறது. இந்த எண்ணை மனத்தில் வைத்துக்கொள்ளாமல் இறங்குபவர்கள் பதினைந்து, இருபது கட்டிகளோடு மேலே வந்து, கைக்கு எட்டியதைச் செய்துவிட்டு, மறுபடியும் இறங்குகிறார்கள்.

இரும்பு குறைவாக இருக்கும்போது எதை முதலில் செய்வது என்பதிலும் பலர் தடுமாறுகிறார்கள். தலைக்கவசம் மலிவு என்று அதிலிருந்து தொடங்குகிறார்கள். இரும்பு மார்புக்கவசம் 8 கட்டிக்கு 6 பாதுகாப்புப் புள்ளி தருகிறது. கால்கவசம் 7 கட்டிக்கு 5. பூட்ஸ் 4 கட்டிக்கு 2. தலைக்கவசமோ 5 கட்டியைத் தின்றுவிட்டு வெறும் 2 புள்ளிதான் தருகிறது. ஆகவே மார்பு, கால், பூட்ஸ், தலை என்பதே சரியான வரிசை.

பழைய ஆழத்தில் தேடுவது

வைரம் ஒய் (உயரத்தையும் ஆழத்தையும் குறிக்கும் எண்) 11, 12 அளவில்தான் கிடைக்கும் என்று சொல்லும் பழைய காணொளிகளைப் பார்த்துவிட்டு இன்றும் சிலர் அங்கேயே மணிக்கணக்கில் சுரங்கம் வெட்டுகிறார்கள். 2021 நவம்பர் 30 அன்று வந்த 1.18 பதிப்பில் உலகத்தின் அடித்தளம் மைனஸ் 64 வரை இறங்கியது. அப்போதிலிருந்து கீழே போகப் போக வைரம் பெருகுகிறது. மைனஸ் 58, 59 அளவில் நீளமாகச் சுரங்கம் வெட்டுவதே இன்று பயன் தரும். இரும்புக்கு ஒய் 16 நல்ல ஆழம். உயர்ந்த மலைகளின் உச்சிப் பகுதியிலும் அது ஏராளம். இரண்டையும் ஒரே பயணத்தில் தேட முயன்றால் இரண்டுமே அரைகுறையாகத்தான் முடியும்.

வைரத் தாதுவைக் கண்டவுடன் உடைப்பது

என்னை இன்றும் பொறுமையிழக்கச் செய்வது இந்த ஒரு பிழைதான்.

சென்ற வாரம் எங்களில் மிகப் புதியவர் ஒருவர் மைனஸ் 57 அளவில் சுரங்கம் வெட்டிக்கொண்டிருந்தார். நான் அவருக்குப் பின்னால் தீப்பந்தம் நட்டுக்கொண்டே போனேன். இடது சுவரில் ஒரு கல்லை எடுத்ததும் நீலப் புள்ளிகள் தெரிந்தன. சுற்றிலும் எடுக்க எடுக்க ஏழு தாதுக்கள் ஒட்டி ஒட்டி இருந்தன. நான் "நில்லுங்கள்" என்று தட்டச்சு செய்து முடிப்பதற்குள் ஐந்து உடைந்துவிட்டன. சாதாரண இரும்பு பிக்காக்ஸால் ஏழு தாதுவையும் உடைத்து ஏழு வைரத்தை எடுத்துக்கொண்டு, அங்கேயே கைவினை மேசையை வைத்து, ஒரு வைரக் கால்கவசத்தைச் செய்து அணிந்துகொண்டார். முகத்துக்கு நேரே குறை சொல்ல மனம் வரவில்லை. அவருடைய மகிழ்ச்சி அவ்வளவு உண்மையாக இருந்தது. நானும் என் முதல் உலகில் கிடைத்த முதல் எட்டு வைரங்களில் மார்புக்கவசம்தான் செய்தேன். அடுத்த நாளே லாவாவில் விழுந்து அதை இழந்தேன். கவசம் போனதைவிட, கருவிக்கும் கவசத்துக்கும் மந்திர ஆற்றல் (என்சான்ட்மென்ட்) ஏற்றும் மேசையான என்சான்டிங் டேபிளுக்குத் தேவையான இரண்டு வைரம்கூட மிஞ்சவில்லை என்பதுதான் அதன் பிறகு பல நாட்களுக்கு என்னைப் பின்தள்ளியது.

இதில் இழப்பு எங்கே என்பதைக் கணக்கோடு பார்க்க வேண்டும். சாதாரண பிக்காக்ஸ் ஒரு வைரத் தாதுவுக்கு ஒரு வைரம் தரும். தாதுவிலிருந்து கூடுதலாகப் பெறவைக்கும் ஃபார்ச்சூன் 3 என்சான்ட்மென்ட் உள்ள பிக்காக்ஸால் உடைத்தால் ஒன்று முதல் நான்கு வரை கிடைக்கலாம், சராசரி 2.2. முழு வைரக் கவசத்துக்குத் தேவையான 24 வைரத்துக்குச் சாதாரண பிக்காக்ஸில் 24 தாதுக்கள் வேண்டும். ஃபார்ச்சூன் 3 இருந்தால் ஏறக்குறைய 11 போதும். நண்பர் உடைத்த அந்த ஏழு தாதுக்களிலிருந்து சராசரியாகப் பதினைந்து வைரம் வந்திருக்கும். எட்டு வைரம் அந்தச் சுவரிலேயே வீணாகிப் போனது என்றுதான் நான் கணக்கிடுகிறேன். உடைத்த தாதுவைத் திரும்ப ஒட்ட வைக்க முடியாது என்பதால் இந்த இழப்புக்கு மாற்றே இல்லை.

"அதற்கெல்லாம் முதலில் வைர பிக்காக்ஸ் வேண்டுமே" என்று பலர் நினைக்கிறார்கள். வேண்டியதில்லை. ஃபார்ச்சூன் 3 இரும்பு பிக்காக்ஸுக்கும் வாய்க்கும். இரும்பு பிக்காக்ஸ் 250 பிளாக்குகளை உடைக்கத் தாங்கும். அதைத் தாதுவுக்கு மட்டும் வைத்துக்கொண்டு, சுற்றியுள்ள கல்லை வேறு பிக்காக்ஸால் எடுத்தால் ஒரு முழுக் கவசத்துக்குத் தாராளமாகப் போதும். ஆக, ஃபார்ச்சூனுக்கு முன் நீங்கள் உடைத்தே ஆக வேண்டிய வைரத் தாதுக்கள் இரண்டே இரண்டு: என்சான்டிங் டேபிளுக்கு 2 வைரம், 4 அப்சிடியன், 1 புத்தகம். அப்சிடியனை வெட்ட வைர பிக்காக்ஸ் வேண்டும் என்பது உண்மைதான். அதற்கு 3 வைரம் சேர்த்தால் ஐந்து. லாவா இருக்கும் குழியில் வாளியால் தண்ணீர் ஊற்றி அப்சிடியன் பிளாக்காக உறையவைக்கலாம் என்றாலும், உறைந்ததைப் பெயர்த்தெடுக்க வைரம்தான் வேண்டும். பாழடைந்த போர்ட்டலின் பெட்டியிலோ கிராமத்துக் கொல்லனின் பெட்டியிலோ அப்சிடியன் கிடைத்துவிட்டால் அந்த மூன்றும் மிச்சம். எப்படிப் பார்த்தாலும் ஐந்துக்கு மேல் உடைக்காதீர்கள்.

மீதித் தாதுவை என்ன செய்வது என்றால், தொடாமல் விட்டுவிட வேண்டும். அதன் ஆயத்தொலைவுகளை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். ஜாவா பதிப்பில் எஃப்3 அழுத்தினால் தெரியும், பெட்ராக் பதிப்பில் உலக அமைப்புகளில் அதைக் காட்டும்படி மாற்றிக்கொள்ளலாம். பலர் சேர்ந்து ஆடும் உலகமானால் தாதுவின் மேல் கல்லை வைத்து மூடிவிடுங்கள். சில்க் டச் என்சான்ட்மென்ட் முதலில் கிடைத்தவர்கள் தாதுவையே பிளாக்காகப் பெயர்த்து வீட்டுப் பெட்டியில் அடுக்கி வைக்கலாம். ஃபார்ச்சூன் வந்த பிறகு வீட்டுத் தரையில் வைத்து உடைத்தால் போதும். ஃபார்ச்சூனும் சில்க் டச்சும் ஒரே பிக்காக்ஸில் சேராது என்பதால் இதற்கு இரண்டு பிக்காக்ஸ் வேண்டும்.

காத்திருக்கும் காலத்தில் உயிர் போய்விடாதா என்ற கேள்வி நியாயமானது. இரும்புக் கவசத்தின் நான்கு துண்டுகளிலும் புரொடெக்‌ஷன் 4 ஏறியிருந்தால், அது எந்த என்சான்ட்மென்டும் இல்லாத வைரக் கவசத்தைவிட அதிகமாகவே அடியைத் தடுக்கும். வைரத்தின் 20 புள்ளிக்கும் இரும்பின் 15 புள்ளிக்கும் உள்ள வேறுபாட்டைப் பார்த்து ஏங்குபவர்கள், என்சான்டிங் டேபிளும் புத்தக அலமாரிகளும் இருந்தால் அந்த வேறுபாட்டைத் தாண்டிவிடலாம் என்பதைக் கவனிப்பதில்லை. மேசை இருக்கும் வீட்டில் இரும்புக் கவசத்தோடு காத்திருப்பது ஆபத்தான செயல் அல்ல.

பசுக்களைக் கொன்று தீர்ப்பது

மேசை மட்டும் இருந்தால் போதாது. 30ஆம் நிலை என்சான்ட்மென்டுக்கு அதைச் சுற்றி 15 புத்தக அலமாரிகள், மேசைக்கும் அலமாரிக்கும் நடுவே ஒரு பிளாக் வெற்றிடத்தோடு நிற்க வேண்டும். ஓர் அலமாரிக்கு மூன்று புத்தகம். மேசைக்கான ஒன்றையும் சேர்த்தால் 46 புத்தகம், அதாவது புத்தகத்துக்கு ஒரு தோல், மூன்று கரும்பு என்று 46 தோல், 138 கரும்பு. தொடக்கத்தில் தோல் கவசம் செய்கிறேன் என்று 24 தோலுக்காக அக்கம்பக்கத்துப் பசுக்களை எல்லாம் வெட்டித் தீர்த்தவர்கள் இந்த இடத்தில் வந்து நிற்கிறார்கள். ஒரு பசு தருவது அதிகபட்சம் இரண்டு தோல். சில பசுக்கள் ஒன்றுமே தராது. முதல் நாளிலேயே இரண்டு பசுக்களை வேலிக்குள் அடைத்துக் கோதுமை கொடுத்துப் பெருக்குங்கள். ஆற்றோரத்தில் கரும்பையும் நட்டுவிடுங்கள். தோல் கவசத்தைத் தாண்டி நேராக இரும்புக்கே போய்விடலாம்.

ஒரே உலையில் எல்லாவற்றையும் உருக்குவது

ஓர் உலை ஒரு தாதுவை உருக்கப் பத்து வினாடி எடுக்கிறது. 24 தாதுக்கு நான்கு நிமிடம். ஒரு நிலக்கரி எட்டை உருக்கும். மூன்று உலைகளில் எட்டு எட்டாகப் பிரித்து, ஒவ்வொன்றிலும் ஒரே ஒரு நிலக்கரியைப் போட்டால் 80 வினாடியில் முழுக் கவசத்துக்கான இரும்பும் தயாராகிவிடும், நிலக்கரித் துணுக்குகூட வீணாகாது.

சங்கிலிக் கவசத்துக்குப் பொருள் தேடுவது

அதைக் கைவினை மேசையில் செய்யவே முடியாது.

பழைய கவசத்தை உருக்குவது

ஒரு முழு இரும்பு மார்புக்கவசத்தை உலையில் போட்டாலும் திரும்பக் கிடைப்பது ஒரே ஒரு சிறு துண்டுதான்.

கிடைத்ததையெல்லாம் சுமந்துகொண்டு இன்னும் கீழே போவது

மைனஸ் 54க்குக் கீழே உள்ள குகைகள் பெரும்பாலும் லாவாவால் நிறைந்திருக்கும். நீங்கள் வெட்டும் சுவருக்கு அப்பால் அது இருக்கிறதா என்பது உடைக்கும் வரை தெரியாது. கையில் பத்துத் தாதுவின் வைரமும் இரண்டு அடுக்கு இரும்பும் இருக்கும்போது இன்னும் கொஞ்சம் என்று தொடர்வதுதான் பெரும்பாலான இழப்புகளுக்குக் காரணம். லாவாவில் விழுந்த வைரம் அப்போதே எரிந்து போகும். வேறு இடத்தில் இறந்தாலும், அந்தப் பகுதி இயங்கிக்கொண்டிருந்தால் கீழே சிதறிய பொருட்கள் ஐந்து நிமிடத்தில் மறைந்துவிடும். சுரங்கத்தின் வாயிலிலேயே ஒரு பெட்டியை வைத்து, ஒரு முறை தாது கிடைத்தால் உடனே போய்ப் போட்டுவிட்டு வருவதை வழக்கமாக்கிக்கொள்ளுங்கள். தண்ணீர் வாளியைக் கைக்கு எட்டும் கட்டத்திலேயே வைத்திருங்கள்.

நெதரைட்டுக்கு வைரம் மிச்சம் வைக்காதது

வைரத்தைவிட வலுவான நெதரைட் கவசம் வைரக் கவசத்தின் மேல்தான் ஏறுகிறது. ஒரு துண்டுக்கு ஒரு நெதரைட் கட்டி. ஒரு கட்டிக்கு நான்கு நெதரைட் சில்லும் நான்கு தங்கக் கட்டியும். ஏன்ஷியன்ட் டெப்ரிஸ் என்ற தாது ஒன்றை உருக்கினால் ஒரு சில்லு. ஆக முழுக் கவசத்துக்கு 16 ஏன்ஷியன்ட் டெப்ரிஸ், 16 தங்கம். இதுவரை எல்லோருக்கும் தெரியும். தெரியாமல் போவது, 2023இல் வந்த 1.20 பதிப்புக்குப் பிறகு ஒவ்வொரு துண்டுக்கும் ஒரு ஸ்மிதிங் டெம்ப்ளேட்டும் (மேம்படுத்தத் தேவையான அச்சு) செலவாகும் என்பது. அது நெதர் என்ற எரியுலகில், பேஸ்டியன் எனப்படும் கோட்டை இடிபாடுகளில்தான் கிடைக்கும். ஒன்றை நகலெடுக்க ஏழு வைரமும் ஒரு நெதராக் கல்லும் வேண்டும். ஒரே டெம்ப்ளேட்டை வைத்துத் தொடங்கினால் மூன்று நகலுக்கு 21 வைரம். கவசத்தின் 24ஐயும் சேர்த்தால் 45 வைரம். ஃபார்ச்சூன் 3 இருந்தால் இதற்கு ஏறக்குறைய 21 தாதுக்கள், இல்லாவிட்டால் நாற்பத்தைந்து. ஏன்ஷியன்ட் டெப்ரிஸுக்கு ஃபார்ச்சூன் வேலை செய்யாது என்பதால் மிச்சம் பிடிக்கக்கூடியது வைரத்தில் மட்டும்தான். அங்கே வாழும் பிக்லின்கள் தாக்காமல் இருக்க நெதருக்குள் ஒரு தங்கக் கவசத் துண்டையேனும் அணிந்து போக வேண்டும். அந்தத் தங்கத்தையும் கணக்கில் வையுங்கள்.

அந்த ஏழு தாதுவை உடைத்த நண்பர் அதற்குப் பிறகு கண்ட பதினொன்றையும் கல் வைத்து மூடியிருக்கிறார். இடங்களின் எண்களை ஒரு பலகையில் எழுதி வீட்டுக் கதவருகே நட்டிருக்கிறார். அவருடைய மேசையைச் சுற்றிப் பன்னிரண்டு அலமாரிகள் நிற்கின்றன. இன்னும் ஒன்பது தோல் வேண்டும்.