ஆஸ்துமா இழுப்பு கடுமையாகும்போது வீட்டில் செய்ய வேண்டியவை: பெரியவர்களுக்கும் குழந்தைகளுக்கும்

மார்கழிப் பனியிலும், போகிப் புகை சூழ்ந்த காலையிலும், தீபாவளிக்கு மறுநாளும் மூச்சிரைப்போடு அவசரப் பிரிவுக்கு வருபவர்களில் பலர், இரைப்பு தொடங்கியவுடன் கிளம்பி வந்தவர்கள் அல்லர். முந்தைய நாள் மாலையே தொடங்கிய இழுப்பைச் சுக்குக் கஷாயத்தாலும் ஆவி பிடித்தும் சமாளித்து, விடிந்ததும் பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிட்டு, பேச்சே வராத நிலையில் வந்து சேர்கிறார்கள். ஆஸ்துமா இருப்பதாக மருத்துவர் ஏற்கெனவே உறுதிசெய்த ஒருவருக்கு இழுப்பு கடுமையாகும்போது, உடன் இருப்பவர் எதை, எந்த வரிசையில், எவ்வளவு நேரம் செய்ய வேண்டும் என்பதை இக்கட்டுரை விளக்குகிறது. உங்கள் மருத்துவர் தனியாக ஒரு திட்டம் எழுதிக் கொடுத்திருந்தால், அதில் உள்ள அளவுகளையே பின்பற்ற வேண்டும்.

முதலில், உள்ளே என்ன நடக்கிறது என்பதைத் தெரிந்துகொள்வது அவசியம். இழுப்பின்போது மூச்சுக்குழாயைச் சுற்றியுள்ள தசை இறுகுகிறது, குழாயின் உட்சுவர் வீங்குகிறது, கெட்டியான சளி அதை அடைக்கிறது. இன்ஹேலரில் உள்ள சால்பியூட்டமால் இறுகிய தசையை மட்டுமே தளர்த்துகிறது. சில நிமிடங்களில் பலன் தெரியும், ஏறத்தாழ 4 மணி நேரம் நிற்கும். வீக்கத்தைக் குறைப்பது ஸ்டீராய்டு. அதன் பலன் தெரியக் குறைந்தது 4 மணி நேரமாவது ஆகும். இன்ஹேலரால் சற்றுத் தேறியவர் நள்ளிரவில் மீண்டும் மூச்சுக்குத் தவிப்பது இதனால்தான். வீட்டில் கொடுக்கும் மருந்து உங்களுக்குக் கிடைக்கும் அவகாசம் என்றே கொள்ள வேண்டும். அந்த அவகாசத்தை மருத்துவரிடம் போய்ச் சேரப் பயன்படுத்த வேண்டும்.

முன்கூட்டியே தயாராக வைத்திருக்க வேண்டியவை

உடனடி நிவாரணம் தரும் இன்ஹேலர் வீட்டில் எப்போதும் இருக்க வேண்டும். இந்தியாவில் பரவலாகக் கிடைப்பவை, ஒரு பஃப்புக்கு (ஒருமுறை அழுத்தினால் வரும் மருந்துக்கு) 100 மைக்ரோகிராம் சால்பியூட்டமால் உள்ள ஆஸ்தாலின், 50 மைக்ரோகிராம் லெவோசால்பியூட்டமால் உள்ள லெவோலின் போன்றவை. இவை பெரும்பாலும் நீல நிறத்தில் வந்தாலும், நிறத்தை நம்பாமல் மேலே அச்சிட்டுள்ள மருந்தின் பெயரைப் படித்துப் பழகுங்கள். தினமும் காலை, மாலை எடுக்கும் தடுப்பு இன்ஹேலரில் ஸ்டீராய்டு மட்டுமே இருந்தால், இழுப்பு வந்த நேரத்தில் அது உடனே உதவாது. புடெசோனைடும் ஃபார்மோடிராலும் சேர்ந்த இன்ஹேலரை நிவாரணத்துக்கும் பயன்படுத்தும்படி மருத்துவர் சொல்லியிருப்பவர்கள் மட்டும், அவர் சொன்ன எண்ணிக்கையில் அதையே எடுக்கலாம்.

நம் ஊரில் பலரிடம் இருப்பது கேப்சூலைப் போட்டு உறிஞ்சும் ரோட்டாஹேலர். அதன் தூள் உள்ளே போக வேண்டுமானால் பலமாக இழுக்க வேண்டும். கடும் இழுப்பில் இருப்பவரிடம் அந்தப் பலம் இருக்காது. ஆகவே ரோட்டாஹேலர் பயன்படுத்துபவர் வீட்டிலும் அழுத்தும் வகை இன்ஹேலர் ஒன்றும் ஸ்பேசர் ஒன்றும் அவசரத்துக்கென இருப்பது நல்லது.

ஸ்பேசர் என்பது இன்ஹேலருக்கும் வாய்க்கும் இடையில் பொருத்தும் பிளாஸ்டிக் குடுவை. அது இல்லாமல் நேராக வாயில் அடித்தால் மருந்தின் பெரும்பகுதி நாக்கிலும் தொண்டையிலும் படிந்துவிடும். நான்கு வயதுக்குக் கீழ் உள்ள குழந்தைக்கு முகமூடி இணைத்த ஸ்பேசர் தேவை. ஸ்பேசர் வாங்க வழியில்லாத இடத்தில் 500 மில்லி குளிர்பானப் புட்டியின் அடியில் இன்ஹேலரின் வாய் அளவுக்குத் துளையிட்டு, இடைவெளி இல்லாமல் ஒட்டிப் பயன்படுத்தலாம். கேப் டவுனில் குழந்தைகளிடம் செய்யப்பட்டு 1999-இல் வெளியான ஆய்வில், இப்படி ஒட்டிய புட்டி கடையில் விற்கும் ஸ்பேசருக்கு இணையாக வேலை செய்தது. தெர்மகோல் கோப்பையோ பயன் தரவில்லை. புட்டி சுத்தமாகவும் உலர்ந்தும் இருக்க வேண்டும் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

இன்ஹேலரில் எத்தனை பஃப் மிச்சம் என்பதைக் குலுக்கிப் பார்த்தோ, தண்ணீரில் மிதக்கவிட்டோ அறிய முடியாது. எண்ணிக்கை காட்டும் வகையை வாங்குங்கள். இல்லையெனில் திறந்த தேதியை அதன் மீதே எழுதி வையுங்கள்.

படி 1: எவ்வளவு கடுமை என்று பார்த்தல்

இதற்கு அதிக நேரம் செலவிடக் கூடாது. பெரியவரிடம் ஒரு கேள்வி கேளுங்கள். முழு வாக்கியமாகப் பதில் வந்தால் இழுப்பு மிதமானது; இரண்டு மூன்று சொற்களுக்கு ஒருமுறை நின்று மூச்சு வாங்கினால் கடுமையானது. அவர் முன்னால் சாய்ந்து, கைகளை முழங்காலில் ஊன்றி, தோள்களை உயர்த்தி மூச்சு விடுவதும், நிமிடத்துக்கு 30-க்கு மேல் மூச்சு இருப்பதும், நாடித் துடிப்பு 120-ஐத் தாண்டுவதும் கடுமையின் அடையாளங்கள்.

குழந்தையிடம் பேச்சை மட்டும் வைத்து முடிவு செய்ய முடியாது. சட்டையைக் கழற்றி, வெளிச்சத்தில் மார்பைப் பாருங்கள். ஒவ்வொரு முறை மூச்சை இழுக்கும்போதும் விலா எலும்புகளின் இடைவெளியும், விலாவுக்குக் கீழ்ப்பகுதியும், கழுத்தெலும்புகளுக்கு நடுவே உள்ள குழியும் உள்வாங்குகின்றனவா, மூக்குத் துவாரம் விரிகிறதா என்று கவனியுங்கள். மூச்சை ஒரு முழு நிமிடம் எண்ணுங்கள்: 1 முதல் 5 வயது வரை 40-க்கு மேலும், அதற்கு மேற்பட்ட வயதில் 30-க்கு மேலும் இருந்தால் கடுமை. பால் குடிக்க முடியாமல் பாதியில் விட்டுவிடும் கைக்குழந்தையும், விளையாட்டை விட்டுச் சுருண்டு உட்காரும் பிள்ளையும் இதே வகையில்தான் சேர்வார்கள்.

உதடும் நாக்கும் நீலமாவது, தூக்கக் கலக்கம், குழப்பம், சோர்ந்து மூச்சு குறைவது ஆகியவை உயிருக்கு ஆபத்தான அறிகுறிகள். இவற்றில் ஒன்று இருந்தாலும் அடுத்த படிகளுக்குக் காத்திருக்காமல் 108-ஐ அழைத்துவிட்டு மருந்தைத் தொடங்குங்கள், இலங்கையில் 1990. வீஸிங் (மூச்சோடு வரும் விசில்) சத்தம் திடீரென நின்றுபோவதையும் நல்ல செய்தியாக எடுத்துக்கொள்ளக் கூடாது. காற்றே போய் வராத மார்பில் சத்தமும் வராது.

ரத்தத்தில் உள்ள ஆக்ஸிஜனின் சதவீதத்தைக் காட்டும், விரலில் மாட்டும் பல்ஸ் ஆக்ஸிமீட்டர் இருந்தால் பாருங்கள். 92-க்குக் கீழ் போனால் அவசரம். ஆனால் 95 என்று காட்டுகிறது என்பதற்காக, பேச முடியாமல் இருப்பவரை வீட்டிலேயே வைத்திருக்கக் கூடாது. அந்த எண் கடைசியாகத்தான் சரியும்.

இன்னும் இரண்டு நிலைகளைப் பிரித்தறிய வேண்டும். வேர்க்கடலையோ மணியோ வாயில் போட்டு விளையாடிய குழந்தைக்குத் திடீரென இருமலும் இழுப்பும் வந்தால், அது மூச்சுக்குழாயில் பொருள் சிக்கியதாக இருக்கலாம். உணவு, ஊசி, தேனீக் கடி ஆகியவற்றுக்குப் பின் உடலில் தடிப்பு, முக வீக்கம், வாந்தி ஆகியவற்றோடு இரைப்பு வந்தால், அது கடும் ஒவ்வாமை. அதற்கு முதல் மருந்து அட்ரினலின். இரண்டிலுமே உடனே மருத்துவமனை செல்ல வேண்டும்.

படி 2: உட்கார வைத்தல்

நோயாளியை நிமிர்ந்து, சற்று முன்சாய்ந்தபடி உட்கார வையுங்கள், படுக்க வைக்காதீர்கள். குழந்தையை மடியில் நிமிர்த்தி உட்கார வைத்தால் போதும். இறுக்கமான உடையைத் தளர்த்தி, சாம்பிராணி, கொசுவர்த்தி, அடுப்புப் புகை இருக்கும் இடத்திலிருந்து வெளியே கொண்டுவாருங்கள். சுற்றி நின்று ஆளுக்கொரு யோசனை சொல்லும் உறவினர்களை அறைக்கு வெளியே அனுப்புவதும் இந்தப் படியில் அடங்கும்.

படி 3: ஸ்பேசர் வழியாக மருந்து கொடுத்தல்

இன்ஹேலரின் மூடியைக் கழற்றி, நன்றாகக் குலுக்கி, ஸ்பேசரின் பின்பக்கத்தில் நிமிர்ந்த நிலையில் பொருத்துங்கள். இன்ஹேலர் புதியது அல்லது பல நாட்களாகப் பயன்படுத்தாதது என்றால், முதலில் ஓரிரு முறை காற்றில் அடித்துவிடுங்கள். ஸ்பேசரின் வாய்ப்பகுதியைப் பற்களுக்கு இடையில் வைத்து உதடுகளால் மூடச் சொல்லுங்கள். ஒரு பஃப் அழுத்தி, சாதாரணமாக 4 முறை மூச்சை உள்ளே இழுத்து வெளியே விடச் சொல்லுங்கள். இந்த நான்கு மூச்சுக்கும் ஸ்பேசரை வாயிலிருந்து எடுக்க வேண்டாம். பிறகு மீண்டும் குலுக்கி அடுத்த பஃப். இரண்டு மூன்று பஃப்பை ஒன்றாக உள்ளே அடித்துவிட்டு இழுக்கச் சொல்வதுதான் மிகப் பரவலான தவறு. துளிகள் ஒன்றோடொன்று மோதிக் குடுவையின் சுவரில் ஒட்டிக்கொள்ளும், நுரையீரலுக்குப் போவது குறையும்.

முகமூடி உள்ள ஸ்பேசரில், அது மூக்கையும் வாயையும் சேர்த்து இடைவெளியின்றி மூடியிருக்க வேண்டும். கன்னத்தோரம் விரல் நுழையும் அளவு இடைவெளி இருந்தாலும் குழந்தை இழுப்பது வெளிக்காற்றையே. உள்ளே இருக்கும் மெல்லிய வால்வு ஒவ்வொரு மூச்சுக்கும் அசைவதைக் கண்ணால் பார்த்து எண்ணுங்கள்; அது அசையவில்லை என்றால் மருந்து போகவில்லை. அழும் குழந்தைக்கு உள்ளே போகும் அளவு குறையும் என்பதால், நோய் இல்லாத நாட்களில் பொம்மைக்கும் அப்பாவுக்கும் மாட்டிக் காட்டிப் பழக்குவது வீண் வேலை அல்ல.

எத்தனை பஃப்? பெரியவர்களுக்கும் 6 வயதும் அதற்கு மேலும் உள்ள பிள்ளைகளுக்கும் ஆஸ்திரேலிய முதலுதவி முறை நினைவில் நிற்க எளிது: ஒவ்வொன்றாக 4 பஃப், ஒவ்வொன்றுக்கும் 4 மூச்சு, பின்பு 4 நிமிடம் பொறுத்தல். தேறவில்லை என்றால் மீண்டும் 4 பஃப். 5 வயதும் அதற்குக் கீழும் உள்ள குழந்தைக்கு 2 பஃப்பில் தொடங்கி, 20 நிமிட இடைவெளியில் தேவைப்பட்டால் இன்னும் இரண்டு முறை கொடுக்கலாம். இழுப்பு கடுமையாக இருந்தால் அந்த இடைவெளியை வீட்டில் கழிக்காமல், வழியிலேயே ஒவ்வொன்றாக 6 பஃப் வரை கொடுத்தபடி மருத்துவமனைக்குக் கிளம்புங்கள். ஒரு வயது நிறையாத குழந்தையின் இரைப்பு பெரும்பாலும் ஆஸ்துமாவே அல்ல. அதை மருத்துவர்தான் பார்க்க வேண்டும்.

கை நடுக்கமும் படபடப்பும் சால்பியூட்டமாலின் எதிர்பார்த்த விளைவுகள். அவற்றுக்குப் பயந்து மருந்தை நிறுத்த வேண்டாம். "இன்ஹேலர் பழகிப்போகும், அது கடைசி மருந்து" என்ற பேச்சை இந்த நேரத்தில் காதில் வாங்கவே கூடாது. மாத்திரையாகவோ சிரப்பாகவோ கொடுக்கும் சால்பியூட்டமால் மெதுவாக வேலை செய்து படபடப்பை அதிகமாக்கும். நேராக நுரையீரலுக்குப் போகும் வழி இருக்கும்போது அதைத் தேர்ந்தெடுக்கக் காரணமில்லை.

மருந்தை நுண்துளிகளாக்கித் தரும் நெபுலைசர் இயந்திரம் வீட்டில் இருந்தால் பயன்படுத்தலாம். ஆனால் பெரும்பாலான இழுப்புகளுக்கு ஸ்பேசரும் அதே அளவு பலன் தரும், குழந்தைகளுக்குப் படபடப்பும் குறைவு. என் கவலை வேறு: இயந்திரம் வீட்டில் இருக்கிறது என்ற தைரியத்தில் இரவு முழுவதும் மாற்றி மாற்றி மருந்தை ஊற்றிக்கொண்டு, ஆக்ஸிஜன் தேவைப்படும் ஒருவரை வீட்டிலேயே வைத்திருப்பது.

படி 4: எப்போது கிளம்புவது

இரண்டாவது 4 பஃப்புக்குப் பிறகும் தேறாத பெரியவரோ பிள்ளையோ மருத்துவமனைக்குப் போக வேண்டும். 108-ஐ அழைத்து "ஆஸ்துமா இழுப்பு, மூச்சு விட முடியவில்லை" என்ற வார்த்தைகளோடு இடத்தைச் சொல்லுங்கள். வண்டி வரும்வரை 4 நிமிடத்துக்கு ஒருமுறை 4 பஃப் என்று தொடருங்கள். தேறியவருக்கும், 3 அல்லது 4 மணி நேரத்துக்குள் மருந்து மீண்டும் தேவைப்பட்டால், அன்றே மருத்துவரைப் பார்க்க வேண்டும். முன்பு எப்போதாவது ஆஸ்துமாவுக்காகத் தீவிர சிகிச்சைப் பிரிவில் இருந்தவர் என்றால் இந்த வரம்புகள் எதையும் பார்க்காமல் முதலிலேயே கிளம்பிவிடுங்கள்.

ஆவி பிடிக்க வைப்பதால் மூச்சுக்குழாய் விரிவதில்லை, வெந்நீர் கொட்டிக் காயம்படுவதோ நிஜம். படபடப்பு அடங்கட்டும் என்று தூக்க மாத்திரை கொடுப்பது மூச்சையே அடக்கிவிடக்கூடும். பக்கத்துக் கிளினிக்கில் ஒரு டெரிஃபிலின் (தியோஃபிலின் வகை மருந்து) ஊசி போட்டுக்கொண்டு வீடு திரும்பும் பழக்கமும் நம்மிடையே உண்டு. அந்த வகை மருந்தின் பலன் குறைவு, பக்கவிளைவு அதிகம் என்பதால் இழுப்புக்கான இன்றைய சிகிச்சை வழிகாட்டுதல்கள் அதைப் பரிந்துரைப்பதில்லை.

மருத்துவமனையிலும் அதன் பின்னரும்

அங்கே ஆக்ஸிஜனும், முதல் மணி நேரத்தில் 20 நிமிடத்துக்கு ஒருமுறை சால்பியூட்டமாலும், கடுமையாக இருந்தால் அதோடு மூச்சுக்குழாயை விரிக்கும் இன்னொரு மருந்தான இப்ரட்ரோபியமும், பிரெட்னிசோலோன் போன்ற ஸ்டீராய்டும் கொடுப்பார்கள். அவற்றுக்கும் கட்டுப்படாதபோது மக்னீசியம் சல்பேட் நரம்பு வழியாக ஏற்றப்படும். நீங்கள் கொண்டு செல்ல வேண்டியவை அந்த இன்ஹேலர், ஸ்பேசர், எத்தனை மணிக்கு எத்தனை பஃப் கொடுத்தீர்கள் என்று எழுதிய ஒரு தாள்.

வீட்டுக்கு அனுப்பும்போது எழுதித் தரும் ஸ்டீராய்டு மாத்திரையை, பெரியவர்கள் வழக்கமாக 5 முதல் 7 நாட்களும், குழந்தைகள் 3 முதல் 5 நாட்களும் எடுக்க வேண்டியிருக்கும். மூச்சு சீரானதும் இரண்டாம் நாளே நிறுத்திவிடாதீர்கள்; இவ்வளவு குறுகிய காலத்துக்கு எடுப்பதைப் படிப்படியாகக் குறைக்க வேண்டிய தேவையும் பொதுவாக இல்லை. குழந்தையை ஓரிரு நாட்களுக்குள்ளும், பெரியவரை ஒரு வாரத்துக்குள்ளும் மீண்டும் மருத்துவரிடம் காட்டி, மூன்று கேள்விகளைக் கேளுங்கள்: தினசரி ஸ்டீராய்டு இன்ஹேலர் தேவையா, இன்ஹேலர் பிடிக்கும் முறை சரியாக இருக்கிறதா, அடுத்த முறைக்கான திட்டத்தை எழுதித் தர முடியுமா. நீல இன்ஹேலரை மட்டுமே நம்பி ஆஸ்துமாவை நடத்திச் செல்வதைச் சர்வதேச ஆஸ்துமா அமைப்பான ஜினா 2019 முதல் பரிந்துரைப்பதில்லை என்பதால், முதல் கேள்வியைத் தவறவிட வேண்டாம். எழுதித் தரும் திட்டத்தின் ஒரு நகலைப் பள்ளியின் வகுப்பாசிரியரிடம், இன்னொரு இன்ஹேலரும் ஸ்பேசரும் சேர்த்துக் கொடுத்துவிடுங்கள்.

ஸ்பேசரை மாதம் ஒருமுறை மிதமான சோப்பு நீரில் ஊறவைத்து, துணியால் துடைக்காமல் நிழலில் தானே உலரவிடுங்கள். துடைத்தால் பிளாஸ்டிக்கில் நிலைமின்னேற்றம் உண்டாகி, அடுத்த முறை அடிக்கும் மருந்து சுவரிலேயே ஒட்டிக்கொள்ளும்.