அதிரசப் பாகும் நிமிடக் கணக்கும்

தீபாவளிக்கு முன் அதிரசம் சுடப் பழக என்னிடம் வருபவர்கள், முன்பு நான் செய்த அதே தவறுகளை ஒன்று விடாமல் செய்வதைக் காணும்போது மனம் பொறுப்பதில்லை. வெல்லத்தை மண் போக வடிகட்டுவது போன்றவை எல்லோரும் அறிந்தவையாதலால் அவற்றை விட்டுவிடுகிறேன்.

பாகை நிமிடத்தால் அளப்பது

பாகின் பதம் என்பது அதில் எஞ்சியிருக்கும் நீரின் அளவே. நீர் ஆவியாகிக் குறையக் குறைய, பாகு கொதிக்கும் வெப்பநிலை 100 டிகிரியைக் கடந்து ஏறுகிறது. தண்ணீரில் விட்ட சொட்டு விரலிடையே மெத்தென்று உருளும்போது சர்க்கரைப் பாகு ஏறத்தாழ 112 முதல் 116 டிகிரி செல்சியஸில் இருக்கும், அதில் நூற்றுக்குப் பதினைந்து பங்கு அளவே நீர். அதை எட்டும் நேரமோ முதலில் ஊற்றிய தண்ணீர், பாத்திரத்தின் வாயகலம், அடுப்பின் தணல் ஆகியவற்றைப் பொறுத்து வீட்டுக்கு வீடு மாறும்.

என் முதல் தீபாவளியில் 2 கிலோ வெல்லத்தின் பாகைக் கடிகாரம் பார்த்து இறக்கினேன். மாவு இளகிக் கிடந்ததைக் கண்டும், ஆறினால் இறுகும் என்று நம்பி மறுநாள் எண்ணெயில் இட்டேன். ஒவ்வொன்றும் ஓரத்தில் நுரைத்து, நடுவில் பிரிந்து, தூளாகச் சட்டியெங்கும் பரவியது. மிஞ்சிய நீர் ஆவியாகச் சீறி வெளியேறும்போது மாவைப் பிடித்து நிறுத்த வேண்டிய பாகு நீர்த்திருந்ததே காரணம். வெல்லம், அரிசி, எண்ணெய் மூன்றும் வீணாயின. பதம் மீறினாலோ அதிரசம் ஆறியதும் கல்லாகிவிடும். அடி கனத்த பாத்திரம் அடுப்பை அணைத்த பின்னும் பாகை முற்றவைக்கும் என்பதால், பதம் வந்ததும் இறக்கி, உடனே மாவைத் தூவிக் கிளற வேண்டும். பக்கத்தில் ஒரு கிண்ணம் தண்ணீர் வைத்து அவ்வப்போது ஒரு சொட்டு விட்டுப் பார்க்க ஏன் இவ்வளவு தயக்கம் என்று எனக்கு இன்றும் எரிச்சல் வருகிறது.

காய்ந்த மாவு

ஊறிய பச்சரிசியை நிழலில் உலர்த்தி, கையால் பிடித்தால் பிடிபடும் ஈரம் இருக்கும்போதே இடிக்க வேண்டும். முழுக்கக் காய்ந்த மாவு பாகின் நீரை இழுத்துக்கொள்ளும்; தட்டும்போது ஓரம் வெடிக்கும்.

கிளறிய அன்றே சுடுவது

கூடாது. மாவுக்குள் ஈரம் சமமாகப் பரவ ஒரு நாளாவது வேண்டும்.

புகையும் எண்ணெய்

வெல்லத்தில் உள்ள சர்க்கரைகள் விரைவில் சிவந்து கருகுபவை. எனவே மிதமான தணலில், ஒவ்வொன்றாக இட்டு எடுக்க வேண்டும்.